நம் ஊருக்கு யார் மேயர்?



சில மாதங்களுக்கு முன் கிள்ளானில் படப்பிடிப்பு முடிந்து, எல்லாரும் தேநீர் குடித்துக்கொண்டிருந்தோம். எதிர் மேசையில் எண்பத்தைந்து வயதைத் தொட்ட ஐயா ஒருவர். "ஏம்மா, டிவியில இவ்வளவு பேசுறியே, நகராட்சிக்கு ஓட்டுப் போட்டிருக்கியா?" என்று கேட்டார். நாடாளுமன்றத்துக்கும் சட்டமன்றத்துக்கும் போட்டதைச் சொன்னேன். "அது இல்லம்மா. குப்பை, கால்வாய், தெருவிளக்கு இதையெல்லாம் பார்க்கிறவங்களுக்கு. நான் 63ல போட்டேன்" என்றார்.

தகவல் துறையில் டிப்ளோமா வாங்கிய எனக்கு இந்த வரலாறு தெரியாது. வெட்கமாகிவிட்டது. வீட்டுக்கு வந்து தேடினேன். கிடைத்த முதல் பெயர் டி. எஸ். இராமநாதன்.

இராமநாதன் பினாங்கில் ஆசிரியர்; தொழிலாளர் கட்சிக்காரர். 1951 டிசம்பரில் மலாயாவின் முதல் நகராட்சித் தேர்தல் ஜார்ஜ்டவுனில்தான் நடந்தது. 1957 ஜனவரி 1ஆம் தேதி அந்நகரம் மலாயா கூட்டரசின் முதல் மாநகரமானது. அடுத்த சில ஆண்டுகளிலேயே இராமநாதன் மேயர் நாற்காலியில் உட்கார்ந்தார். யாரும் நியமிக்கவில்லை. மக்கள் உறுப்பினர்களைத் தேர்ந்தெடுத்தார்கள். உறுப்பினர்கள் மேயரைத் தேர்ந்தெடுத்தார்கள். சிறிய பதவி என்று நினைத்துவிடாதீர்கள். அந்த மன்றம் சொந்தமாக மின்சாரம் விநியோகித்தது, பேருந்தும் ஓட்டியது! பெரும்பான்மை சீனர்கள் வாழ்ந்த நகரத்துக்கு ஒரு தமிழ் வாத்தியார் மேயர். இன்று கதையாகச் சொன்னால்கூட நம்ப யோசிப்போம்.

நம் கோலாலம்பூர் நிலைமை வேறு. 1952இல் இங்கும் நகராட்சித் தேர்தல் வந்தது. ஆனால் 1961இல் தலைநகரின் நிர்வாகம் ஓர் ஆணையரிடம் போனது. 1972இல் மாநகரமானபோது கிடைத்த டத்தோ பண்டாரும் நியமனம்தான். ஆக, பிரிக்பீல்ட்ஸ்வாசி யாரும் தம் மேயரைத் தேர்ந்தெடுத்ததே இல்லை.

மற்ற ஊர்களுக்கு 1965இல் கதவு மூடியது. இந்தோனேசிய மோதலைக் காரணம் காட்டித் தேர்தலை நிறுத்தி வைத்தார்கள். அதே ஆண்டு ஊராட்சி மன்றங்களை ஆராய அரச விசாரணை ஆணையம் அமைந்தது. தலைவர் யார் தெரியுமா? ம.இ.கா.வின் செனட்டர் ஆதி நாகப்பன்! ஊழல், குளறுபடி எல்லாவற்றையும் பார்த்த பிறகும், தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றங்களே வேண்டும் என்று 1968இல் அந்த ஆணையம் பரிந்துரைத்தது. மோதல் முடிந்தது; தேர்தல் திரும்பவில்லை. 1976இன் ஊராட்சிச் சட்டம் அதற்கு முற்றுப்புள்ளி வைத்தது.

தேர்தல் வந்தால் இனப் பிரச்சினை தலைதூக்கும் என்று அஞ்சுவோர் இருக்கிறார்கள். அந்த அச்சத்தை நான் கேலி செய்ய மாட்டேன். ஆனால் நம்மைவிட ஆழமான இனக் காயம் பட்ட தென்னாப்பிரிக்காவைப் பாருங்கள். தமிழர் பலர் வாழும் டர்பனில், மக்கள் தேர்ந்தெடுத்த உறுப்பினர்கள்தான் மேயரைத் தேர்வு செய்கிறார்கள்.

2024 பிப்ரவரியில் கிள்ளான் அரச மாநகரமானது. அதற்கும் ஒரு டத்தோ பண்டார் வந்தார், நியமனமாகத்தான்.

பினாங்கில் இராமநாதன் பெயரில் ஒரு சாலை இருக்கிறது. இங்கே தாமான் துன் டாக்டர் இஸ்மாயிலில் ஆதி நாகப்பன் பெயரிலும் ஒரு சாலை. நான் பலமுறை அந்த வழியாகப் போயிருக்கிறேன், யாரென்று கேட்காமலே.

63இல் ஓட்டுப் போட்ட அந்தக் கிள்ளான் ஐயா இன்று நம் அரங்கில், முதல் வரிசையில் இருக்கிறார். ஐயா, மைக்கை வாங்கிக்கொள்ளுங்கள். அன்று யாருக்குப் போட்டீர்கள் என்று கேட்க மாட்டேன். போட்ட பிறகு உங்கள் தெருவில் என்ன மாறியது, அதைச் சொல்லுங்கள்.