ஊராரும் உடன்நின்று செய்யும் ஆராய்ச்சி

(ஆலங்குளத்தில் கூட்டுறவுச் சங்க அங்கத்தினர்கள் முன்னிலையில் கூட்டுறவு இன்ஸ்பெக்டர் ஒருவர் நிகழ்த்திய பிரசங்கம்)



கையில் காகிதத்துடன் ஊருக்குள் வந்து, வீட்டில் எத்தனை பேர், மாடு எத்தனை, கடன் எவ்வளவு, சென்ற வருஷம் காய்ச்சலில் படுத்தவர் யார் என்று விசாரிப்பவர்களை நீங்கள் பலமுறை கண்டிருப்பீர்கள். வரி கூடுமோ என்று அஞ்சி நிலத்தைக் குறைத்துச் சொல்வோரும், மானத்துக்கு அஞ்சிக் கடனை மறைப்போரும், ஏதேனும் உதவி கிடைக்கும் என்று எண்ணி நோயைக் கூட்டிச் சொல்வோரும் நம்மிடையே உண்டு. வந்தவர் எழுதிக்கொண்டு போய்விடுகிறார். எழுதியது என்னவாயிற்று என்று நாம் கேட்பதில்லை. அவரும் திரும்பி வந்து சொல்வதில்லை. இவ்வழக்கம் மாறவேண்டும் என்று கேட்டுக்கொள்ளவே இன்று வந்திருக்கிறேன்.

நமது மாவட்டத்திலேயே இதற்கு ஒரு பழைய உதாரணம் உண்டு. சென்னைச் சர்வகலாசாலையில் பொருளாதாரப் பேராசிரியராக இருந்த கில்பர்ட் ஸ்லேட்டர் என்பவர், 1916-ஆம் ஆண்டில் தம் மாணாக்கர்களைக் கொண்டு சில கிராமங்களை ஆராய ஏற்பாடு செய்தார். அவற்றுள் ஒன்று, அக்காலத்தில் இராமநாதபுரம் ஜில்லாவைச் சேர்ந்திருந்த வடமலாபுரம். அவ்வாராய்ச்சி 1918-இல் புத்தகமாக வெளிவந்தது. 1936-37-இல் பி. ஜே. தாமஸ், கே. ஸி. ராமகிருஷ்ணன் ஆகியோரின் முயற்சியால் அக்கிராமங்கள் மறுபடியும் ஆராயப்பட்டன. அதன் பின்னரும் ஆராய்ச்சியாளர் அவ்வூருக்கு வந்தனர். ஒரு கிராமத்தின் நிலைமையைத் தலைமுறை தலைமுறையாக ஒப்பிட்டுப் பார்க்கும் அரிய வசதி இதனால் உண்டாயிற்று. அதற்கு நாம் நன்றி பாராட்டவேண்டும். ஆனால் அப்புத்தகங்கள் ஆங்கிலத்தில் எழுதப்பட்டவை. ஆங்கிலம் அறியாத குடியானவர், தாம் சொன்ன விடை சரியாக எழுதப்பட்டதா என்று படித்துப் பார்ப்பது எங்ஙனம்?

இக்குறை என்னிடமும் இருந்தது. உத்தியோகத்தில் சேர்ந்த புதிதில் ஓர் ஊரில் கடன் விவரம் சேகரிக்கச் சென்றேன். நடுத்தெருவில் நின்று, நாலு பேர் கேட்க, ஒவ்வொருவரிடமும் கடனை விசாரித்தேன். எல்லாரும் சங்கக் கடனை மட்டுமே சொன்னார்கள். அந்தக் கணக்கை நம்பி அவர்களுக்குக் கடன் அளவு நிர்ணயம் செய்யப்பட்டது. அறுவடைக் காலத்தில் வட்டிக்காரர் களத்துக்கே வந்து தானியத்தை அளந்துகொண்டு போனபோதுதான் உண்மை தெரிந்தது. சங்கத்துக்குப் பாக்கி நின்றது. அங்கத்தினருக்கு விதைநெல்லும் மிஞ்சவில்லை. பிழை அவர்களுடையது என்று அன்று எழுதி வைத்தேன். கேட்ட விதமே பிழை என்று இன்று உணர்கிறேன். மறு வருஷம் தெருவுக்கு ஒருவராக ஊராரே தெரிந்தெடுத்த அங்கத்தினர்கள், வீட்டுக்குள் அமர்ந்து இரகசியமாகக் கேட்டு எழுதிய கணக்கு, என் கணக்கைவிட மெய்யாக இருந்தது.

நோய் விஷயத்திலும் இப்படியே. நரம்புச் சிலந்தி என்னும் நோயைப் பெரியோர் அறிவார்கள். காலில் புழு வெளிப்பட்ட ஒருவர் படிக்கிணற்றில் இறங்கினால், புழுவின் குஞ்சுகள் நீரில் கலந்து, சிறு பூச்சிகளின் வயிற்றில் வளரும். அந்நீரை வடிகட்டாமல் குடித்தவருக்கு ஏறக்குறைய ஓராண்டு கழித்துப் புழு வெளிப்படும். இதனை விஞ்ஞானிகள் கண்டறிந்தார்கள். ஆனால் எந்த வீட்டில் யாருக்குப் புழு வந்தது, அவர் எந்தக் கிணற்றில் இறங்கினார் என்பதை ஊராரே அறிவார்கள். 1983-84-இல் இந்திய அரசாங்கம் ஒழிப்புத் திட்டத்தைத் தொடங்கியபோது வீடுவீடாகத் தேடினார்கள், கிணறுகளைச் சீர்திருத்தினார்கள், துணியால் நீரை வடிகட்டப் பழக்கினார்கள். 1996-க்குப் பின் இந்தியாவில் இந்நோய் தோன்றவில்லை. 2000-ஆம் ஆண்டில் உலக சுகாதார ஸ்தாபனம் அதற்கு அத்தாட்சி அளித்தது. இந்நோய்க்குத் தடுப்பு ஊசி கிடையாது. ஊரார் உண்மையைச் சொன்னதும் பழக்கத்தை மாற்றிக்கொண்டதுமே பெருமருந்தாயின.

ஆகையால், இனி ஆராய்ச்சி செய்ய வருவோரிடம் நான்கு காரியங்களை மரியாதையுடன் கேளுங்கள்.

முதலாவது, கேள்விகளை வகுக்கும்போதே நம்மையும் கலந்துகொள்ளவேண்டும். நமது குறை குடிநீராயிருக்க, அவர் வேறொன்றை விசாரித்துப் பயனில்லை.

இரண்டாவது, எல்லாத் தெருவினரும் அதில் இடம்பெறவேண்டும். ஊர்ப் பெரியதனக்காரர் திண்ணையில் எழுதிய கணக்கு ஊர்க்கணக்கு ஆகாது. காலனியில் வசிப்போரும், கூலி வேலை செய்வோரும், பெண்களும் பேசவேண்டும். பிரசவத்தையும் குழந்தைகளின் நோயையும் தாய்மாரைவிட அறிந்தவர் யார்?

மூன்றாவது, சம்மதமும் இரகசியமும் காக்கப்படவேண்டும். இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சில் 2017-இல் வெளியிட்ட நெறிமுறைகளின்படி, நமக்குப் புரியும் பாஷையில் விளக்கிச் சம்மதம் பெறவேண்டும். மறுக்கவும் நமக்கு உரிமை உண்டு.

நான்காவது, முடிவைத் தமிழில் ஊரார் முன் படிக்கவேண்டும். சங்கத்தின் ஐந்தொகையை மகாசபையில் படிக்காமல் விடுவோமா? அதுபோலவே இதுவும். தவறு இருந்தால் அங்கேயே திருத்தவேண்டும். ஒரு பிரதி ஊரில் இருக்கவேண்டும்.

உரிமையோடு கடமையும் உண்டு. பங்குத்தொகை கட்டாதவர் இலாபத்தில் பங்கு கேட்க முடியாது. ஆராய்ச்சியில் நாம் செலுத்தவேண்டிய பங்குத்தொகை உண்மை ஒன்றே. கூசாமல் உண்மையைச் சொல்லுங்கள்; அதன் பலனைத் தயங்காமல் கேளுங்கள். பிறர் நம்மைப் பற்றி எழுதும் கணக்கில் நம் கையெழுத்தும் இருக்கட்டும்.