பெயரை மறைத்தால் கணக்கு ஏது?



அமைச்சரவை பதவியேற்பு விழாவை நீங்கள் எல்லோரும் தொலைக்காட்சியில் பார்த்திருக்கிறீர்கள். மறுநாள் பத்திரிகையில் என்ன வரும்? ‘ஆளுநர் பதவிப் பிரமாணமும் ரகசியக் காப்புப் பிரமாணமும் செய்து வைத்தார்’ என்று வரும். பிரமாணம் ஒன்றல்ல, இரண்டு. உங்களிடம் கைகூப்பி ஓட்டு வாங்கியவர், நாற்காலியில் உட்காரும் முன்பே, தன் பார்வைக்கு வரும் எந்த விஷயத்தையும், கடமைக்குத் தேவைப்பட்டால் ஒழிய, யாரிடமும் வெளியிட மாட்டேன் என்று சத்தியம் செய்கிறார். அரசமைப்புச் சட்டத்தின் மூன்றாம் அட்டவணையில் அந்த வாசகம் இருக்கிறது. வீரப்ப மொய்லி தலைமையில் அமைந்த இரண்டாவது நிர்வாகச் சீர்திருத்த ஆணையம் 2006-லேயே எழுதிக் கொடுத்தது: ரகசியப் பிரமாணத்தை விட்டுவிடுங்கள், வெளிப்படையாக நடப்பேன் என்று அமைச்சர்கள் பிரமாணம் எடுக்கட்டும், 1923-ல் வெள்ளைக்காரன் போட்ட அலுவல் ரகசியச் சட்டத்தை நீக்குங்கள் என்று. ஆண்டுகள் இத்தனை ஓடிவிட்டன. பிரமாணமும் மாறவில்லை, சட்டமும் போகவில்லை.

அரசாங்கம் எப்படி இயங்குகிறது என்பதைப் பற்றிப் பெரிய பெரிய அறிஞர்கள் எழுதியிருக்கிறார்கள். அவர்களில் இரண்டு பேரை மட்டும் சொல்கிறேன், நமக்கு வேலை இருக்கிறது. ஜெர்மனியில் மாக்ஸ் வேபர் என்ற அறிஞர் நூறு ஆண்டுகளுக்கு முன்பு சொன்னார்: அலுவல் ரகசியம் என்பது அதிகார வர்க்கம் தானே கண்டுபிடித்துக்கொண்ட ஆயுதம்; அதைப் போல வேறு எதையும் அது வெறியோடு காப்பதில்லை; நாடாளுமன்றத்துக்குக்கூட விஷயம் முழுதாகத் தெரியாமல் இருப்பதே அதற்கு வசதி. வேபர் அதிகாரிகளை வெறுத்தவர் அல்ல. விதிப்படி நடக்கும் அலுவலகத்தின் திறமையை அவரைப் போல் விளக்கியவர்கள் குறைவு. அப்படிப்பட்டவர் சொன்ன சொல் இது.

அமெரிக்காவில் ஜேம்ஸ் புக்கானன் வந்தார். 1986-ல் நோபல் பரிசு வாங்கியவர். கடைக்காரர் தன் லாபத்தைப் பார்ப்பதுபோல அரசியல்வாதியும் அதிகாரியும் தங்கள் லாபத்தைப் பார்ப்பார்கள், அரசாங்கத்தில் இருப்பதாலேயே யாரும் புத்தராகிவிட மாட்டார்கள் என்றார். இந்த நோயறிதல் சரி. ஆனால் அவர் வழியில் வந்தவர்கள் எழுதித் தரும் மருந்து எனக்குச் சம்மதமில்லை. அரசாங்கத்தையே சுருக்கு என்கிறார்கள் அவர்கள். ரேஷன் கடையைச் சுருக்கினால் உலை கொதிக்காது. அரசு ஆஸ்பத்திரியைச் சுருக்கினால் பிரசவத்துக்கு எங்கே போவது? சுருக்காதே, திறந்து வை. இதுதான் நான் கேட்பது.

திறந்து வைப்பது மேல்நாட்டுச் சரக்கு என்று சொல்பவர்கள் காஞ்சிபுரம் மாவட்டம் உத்திரமேரூருக்குப் போய்ப் பார்க்கட்டும். முதலாம் பராந்தகச் சோழன் காலத்துக் கல்வெட்டு, ஆயிரத்து நூறு ஆண்டுப் பழசு. குடவோலை முறையைப் பற்றி மேடைக்கு மேடை பேசுகிறோம். சீட்டுக் குலுக்கியதைப் பேசுகிறோம், கணக்கை விட்டுவிடுகிறோம். வாரியத்தில் இருந்துவிட்டுக் கணக்குக் காட்டாமல் போனவன் மறுபடி குடவோலைக்கு நிற்க முடியாது. அவனுடைய நெருங்கிய உறவினர்களும் நிற்க முடியாது. அந்த விதியை ஓலையில் எழுதிப் பெட்டியில் பூட்டாமல், சுவரில் வெட்டி வைத்தார்கள். அந்தச் சபையை நான் தூக்கிப் பிடிக்க வரவில்லை. அது பிராமணர் ஊர்ச் சபை. நிலம் உள்ளவனுக்கு மட்டுமே இடம். பெண்ணுக்கும் உழவனுக்கும் அங்கே குரல் கிடையாது. அப்படித் தங்களுக்குள் ஆண்டுகொண்டவர்களே ஒருவர் மேல் ஒருவர் கணக்குக் கேட்டார்கள் என்றால், எல்லோருக்கும் ஓட்டுள்ள நாட்டில் நமக்கு எவ்வளவு உரிமை இருக்க வேண்டும்?

இனி ராஜஸ்தானுக்கு வாருங்கள். அருணா ராய் 1946-ல் சென்னையில் பிறந்தவர். ஐ.ஏ.எஸ். தேர்வாகி, அந்த வேலையை உதறிவிட்டுக் கிராமத்துக்குப் போனவர். அவரும் தோழர்களும் கூலிக்காரர்களும் சேர்ந்து 1990-ல் மஸ்தூர் கிசான் சக்தி சங்கதன் என்ற அமைப்பைத் தொடங்கினார்கள். வறட்சி நிவாரண வேலை நடக்கும், குறைந்தபட்சக் கூலி வராது. கேட்டால், நீ அளவுப்படி வேலை செய்யவில்லை, அளவுப் புத்தகத்தில் அப்படித்தான் இருக்கிறது என்பார்கள். சரி, அந்தப் புத்தகத்தைக் காட்டு என்றால், அது அரசாங்க ரகசியம்! மண் வெட்டியவள் இவள். இவள் வெட்டிய மண்ணின் அளவு இவளுக்கே ரகசியம்.

1994 டிசம்பரில் பாலி மாவட்டம் கோட் கிரானாவில் முதல் மக்கள் விசாரணை நடந்தது. எப்படியோ கைக்கு வந்த வருகைப் பட்டியலை, நாம் இங்கே என்.எம்.ஆர். என்கிறோமே, அதை ஊர் நடுவில் வைத்துப் பெயர் பெயராக வாசித்தார்கள். வேறு எதுவும் செய்யவில்லை, வாசித்தார்கள், அவ்வளவுதான். அதற்குப் பின் ஊர் ஊராக நடந்த விசாரணைகளில் எல்லாம் வெளியே வந்தது. இறந்துபோனவர் பெயரில் கூலி. பிழைக்கப் பட்டணம் போனவர் பெயரில் கூலி. வேலைப் பக்கமே வராதவர் பெயருக்கு எதிரே கைரேகை. முடியாத கட்டடத்துக்கு முழுப் பில். 1996-ல் பியாவர் நகரில் நாற்பது நாள் தர்ணா உட்கார்ந்தார்கள். ‘எங்கள் பணம், எங்கள் கணக்கு’ என்ற முழக்கம் அங்கிருந்துதான் நாடு முழுக்கப் பரவியது.

நம் தமிழ்நாடு 1997-லேயே தகவல் உரிமைக்குச் சட்டம் போட்டது, நாட்டிலேயே முதலாவதாக. பெருமைதான். ஆனால் அதில் விலக்குகள் நிறைந்து கிடந்தன. பல் முளைத்த மத்தியச் சட்டம், ஆர்.டி.ஐ. என்கிறோமே, அது 2005-ல்தான் வந்தது. பத்து ரூபாய் கட்டணம். முப்பது நாளில் பதில். உயிர் சம்பந்தப்பட்டது என்றால் 48 மணி நேரம். எதற்குக் கேட்கிறாய் என்று அலுவலர் கேட்கக்கூடாது. 6-ஆவது பிரிவு அப்படிச் சொல்கிறது. இந்த ஒரு வரிக்காகவே அந்தச் சட்டத்தைக் கண்ணில் ஒற்றிக்கொள்ளலாம். அதுவரை தாலுகா ஆபீஸில் நம்மிடம் கேட்கப்பட்ட முதல் கேள்வி என்ன? ‘உனக்கு எதுக்கு இது?’ அந்தக் கேள்வியைச் சட்டம் போட்டு நிறுத்தினார்கள்.

இப்போது அதைக் கொல்லைப்புறமாகத் திரும்பக் கொண்டுவந்திருக்கிறார்கள். இதைச் சொல்லத்தான் இந்தக் கூட்டம்.

2023-ல் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் நிறைவேறியது. அதன் 44-ஆவது பிரிவில் ஒரு சின்ன உட்பிரிவு, மூன்றாவது. அது தகவல் உரிமைச் சட்டத்தின் 8(1)(ஜே)-யை மாற்றுகிறது. 2025 நவம்பரில் அது நடைமுறைக்கும் வந்துவிட்டது. பழைய சட்டம் தனி மனித அந்தரங்கத்தைக் காக்கவில்லையா? காத்தது. பொது வேலைக்குத் தொடர்பில்லாத தனிப்பட்ட தகவலைத் தர வேண்டாம், தேவையின்றி ஒருவர் அந்தரங்கத்தில் நுழையும் தகவலைத் தர வேண்டாம் என்று எழுதியிருந்தது. கூடவே ஓர் அற்புதமான வரி: நாடாளுமன்றத்துக்கும் சட்டமன்றத்துக்கும் மறுக்க முடியாத தகவலை எந்தக் குடிமகனுக்கும் மறுக்கக்கூடாது. எம்.பி.யும் நீங்களும் ஒன்று என்றது சட்டம். அவ்வளவையும் வழித்துப் போட்டுவிட்டு, தனிப்பட்ட தகவலா, தர வேண்டியதில்லை என்று சுருக்கிவிட்டார்கள்.

தனிப்பட்ட தகவல் என்றால் என்ன? புதிய சட்டத்தின் கணக்கில் ஒரு மனிதரை அடையாளம் காட்டும் எதுவும் அதில் அடங்கும். பெயரே அடங்கும். சற்று யோசியுங்கள் தாய்மார்களே. ஏரி வேலைப் பட்டியலைக் கேட்கிறீர்கள். ‘நூறு பேர் வேலை செய்தார்கள், கூலி பட்டுவாடா ஆகிவிட்டது’ என்று பதில் வருகிறது. பெயர் இல்லை. அந்தத் தாளை வைத்துக்கொண்டு என்ன செய்வீர்கள்? ராஜஸ்தானில் பெயரை வாசித்ததால்தானே, ‘அவர் செத்து நாளாச்சே’ என்று ஊர் எழுந்து நின்றது? முதியோர் பென்ஷன் யாருக்குப் போனது, தொகுப்பு வீடு யார் பெயரில் ஏறியது, ரோடு கான்ட்ராக்ட் யாருக்குக் கிடைத்தது, அளவுப் புத்தகத்தில் அளந்ததாகக் கையெழுத்துப் போட்ட பொறியாளர் யார்? எல்லாமே பெயர். திருட்டு எப்போதும் ஒரு பெயரில்தான் நடக்கிறது. இதே தகவல் உரிமைச் சட்டத்தின் 4-ஆவது பிரிவு, மானியம் பெறுகிற பயனாளிகளின் விவரத்தைக் கேட்காமலே வெளியிடச் சொல்கிறது. ஒரே சட்டத்தில் ஒரு பிரிவு வெளியிடு என்கிறது, இன்னொரு பிரிவு மறைக்கலாம் என்கிறது. இடையில் உட்கார்ந்திருக்கும் அலுவலர் எதைப் பிடித்துக்கொள்வார்?

அதற்கும் விடை சட்டத்திலேயே இருக்கிறது. தகவலைக் காரணமின்றி மறைக்கும் அலுவலருக்கு அபராதம் ஒரு நாளைக்கு 250 ரூபாய், எவ்வளவு போனாலும் 25,000 ரூபாய். தனிநபர் தரவைக் காக்கத் தவறும் அமைப்புக்குப் புதிய சட்டத்தில் 250 கோடி ரூபாய் வரை. அலுவலரும் பிள்ளைகுட்டிக்காரர், பென்ஷனை எதிர்பார்ப்பவர். எந்தப் பக்கம் ஒதுங்குவார்? புக்கானனைப் படிக்காமலே நமக்கு இது புரியும்.

அரசு ஒரு பதில் சொல்கிறது, அதையும் நேர்மையாகச் சொல்லிவிடுகிறேன். 8(2) இன்னும் இருக்கிறதே, பொதுநலன் பெரிது என்று தோன்றினால் கொடுக்கலாமே என்கிறார்கள். இருக்கிறது. ஆனால் தோன்ற வேண்டியது யாருக்கு? கோப்பை வைத்திருப்பவருக்கு. இதில் பொதுநலன் இருக்கிறது என்று அவருக்கு நிரூபிக்க வேண்டியது யார்? மனு போட்ட நீங்கள். ‘உனக்கு எதுக்கு இது?’ திரும்பி வந்துவிட்டது பாருங்கள். அவர் மறுத்தால் மேல்முறையீடு போகலாம். நாடு முழுக்கத் தகவல் ஆணையங்களில் 2024-ன் நடுவில் நான்கு லட்சத்துக்கு மேல் வழக்குகள் தேங்கிக் கிடந்தன. ஆணையர்களின் ஐந்தாண்டுப் பதவிக்காலத்தைச் சட்டத்திலிருந்து 2019-ல் எடுத்துவிட்டு, மத்திய அரசே நிர்ணயிக்கும் என்றாக்கி, மூன்றாண்டாகக் குறைத்தார்கள். தன்னைக் கேள்வி கேட்பவரின் பதவிக்காலத்தைத் தானே எழுதும் அரசிடம் நியாயம் எதிர்பார்க்கச் சொல்கிறார்கள்.

அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று 2017-ல் ஒன்பது நீதிபதிகள் தீர்ப்புச் சொன்னார்கள். தலைவணங்குகிறேன். அந்தத் தீர்ப்பு பலவீனமான மனிதனை அரசிடமிருந்து காக்க வந்தது. அரசை மனிதனிடமிருந்து காக்க அதை எடுத்து நீட்டுவது அநியாயம். நம் விரல் ரேகை அவர்களிடம், கருவிழிப் பதிவு அவர்களிடம், வங்கிக் கணக்கு எண் அவர்களிடம். நம்மிடம் அவர்களைப் பற்றி என்ன இருக்கிறது?

கட்சிகளுக்கு நன்கொடை கொடுக்க வந்த தேர்தல் பத்திரத்தை மறந்துவிடாதீர்கள். 16,000 கோடி ரூபாய்க்கு மேல் விற்றார்கள், விற்றது அரசு வங்கி. யார் கொடுத்தார், யார் வாங்கினார் என்று ஊருக்குத் தெரியாது. அதைக் கேட்கக் குடிமக்களுக்குப் பொதுவான உரிமை கிடையாது என்று மத்திய அரசின் தலைமை வழக்கறிஞர் 2023-ல் உச்ச நீதிமன்றத்திலேயே எழுத்து மூலம் வாதிட்டார். 2024 பிப்ரவரி 15-ல் ஐந்து நீதிபதிகள் அந்தத் திட்டத்தையே ரத்து செய்தார்கள். விவரம் தர ஜூன் 30 வரை அவகாசம் வேண்டும் என்றது வங்கி. மறுநாள் மாலைக்குள் கொடு என்றது நீதிமன்றம். கொடுத்தார்களா இல்லையா? மாதக்கணக்கில் ஆகும் என்ற விவரம் ஒரே நாளில் வந்து சேர்ந்தது. உங்கள் பி.டி.ஓ. ஆபீஸில் அடுத்த முறை ‘பதிவேடு தேட வேண்டும், பிறகு வா’ என்றால் இதை நினைவில் வைத்துக்கொண்டு பேசுங்கள்.

அதிகாரிகள் நமக்கு எதிரிகள் இல்லை. ராத்திரி பத்து மணி வரை உட்கார்ந்து வேலை பார்க்கும் ஊராட்சிச் செயலர்களை எனக்குத் தெரியும். மேலிடத்தின் வாய்மொழி உத்தரவுக்குப் பயந்து கையெழுத்துப் போட்டு, கடைசியில் தான் மட்டும் மாட்டிக்கொண்டவர்களையும் தெரியும். கோப்பு திறந்திருந்தால் அவருக்கும் அது கவசம். ‘ஐயா, நாளைக்கு யாராவது ஆர்.டி.ஐ. போட்டால் நான் பதில் சொல்ல வேண்டும்’ என்று ஒரு சின்ன அலுவலர் பெரிய மனிதரிடம் சொல்ல முடிந்தது இந்தச் சட்டத்தால்தான். அந்த ஒரு வாக்கியத்தையும் அவர் வாயிலிருந்து பிடுங்கிவிட்டார்கள்.

ஆகவே தீர்மானத்தை வாசிக்கிறேன். தகவல் உரிமைச் சட்டத்தின் 8(1)(ஜே) பிரிவை 2005-ல் இருந்த வாசகத்தோடு, நாடாளுமன்றத்துக்கு மறுக்க முடியாததைக் குடிமகனுக்கு மறுக்கக்கூடாது என்ற வரியோடு, அப்படியே மீட்க வேண்டும். தகவல் ஆணையங்களில் காலியிடம் விழும் முன்பே ஆள் நியமிக்க வேண்டும், ஐந்தாண்டுப் பதவிக்காலத்தைச் சட்டத்திலேயே திரும்ப எழுத வேண்டும். வரும் கிராம சபையில் ஒவ்வோர் ஊரிலும் பயனாளிகள் பட்டியலையும் வேலை வருகைப் பட்டியலையும் பெயரோடு வாசிக்கச் சொல்லி நாம் எழுந்து கேட்க வேண்டும்; வாசிக்க மறுத்தால், மறுத்ததைத் தீர்மானப் புத்தகத்தில் பதியச் சொல்ல வேண்டும். இதை ஏற்கிறவர்கள் கையை உயர்த்துங்கள். பின் வரிசையில் இருப்பவர்களும் உயர்த்துங்கள், எண்ணி எழுதப் போகிறோம்.