எல்லைப்புறத்துத் தமிழ்



ஒரு மொழி எந்த இடத்தில் முடிகிறது? நாட்டின் எல்லையை நில அளவைக்காரர் கல் நட்டுக் காட்டிவிடுவார். மொழியின் எல்லைக்கு அவ்வாறு கல் நட இயலாது. கோயம்புத்தூரிலிருந்து வாளையாறு கடந்து பாலக்காட்டுக்குச் செல்பவரும், உடுமலைப்பேட்டையிலிருந்து சின்னாறு வழியாக மறையூருக்கு ஏறுபவரும், போடிநாயக்கனூரிலிருந்து போடிமெட்டு வழியாகப் பூப்பாறையை அடைபவரும் பெயர்ப்பலகைகளில் எழுத்து மாறுவதைக் காண்பர். ஆனால் காதில் விழும் பேச்சு அவ்விடத்தில் சட்டென்று மாறுவதில்லை. தமிழ் சிறிது சிறிதாக நிறம் மாறி மலையாளத்தை நெருங்குகிறது. மலையாளமும் கிழக்கு நோக்கி வரவரத் தமிழின் சாயலைப் பெறுகிறது. இந்த இடைநிலத்துப் பேச்சைப் பற்றியே இன்று சில செய்திகளைக் கூற விரும்புகிறேன்.

இடத்துக்கு இடம் சொல் வேறுபடும் என்பதை நம் முன்னோர் நன்கு அறிந்திருந்தனர். தொல்காப்பியர் சொற்களை இயற்சொல், திரிசொல், திசைச்சொல், வடசொல் என நான்காக வகுத்தார். திசைச்சொல் என்பது செந்தமிழ் நிலத்தைச் சேர்ந்த பன்னிரு நிலத்தாரும் தத்தம் குறிப்பில் வழங்கும் சொல். குட்டநாட்டார் தாயைத் தள்ளை என்றும், குடநாட்டார் தந்தையை அச்சன் என்றும் வழங்குவதை உரையாசிரியர் எடுத்துக்காட்டினர். இவ்விரு நிலங்களும் மேலைக் கடற்கரையைச் சார்ந்தவை. இன்றும் மலையாளத்தில் தந்தை அச்சன்தான். தாய்க்கோழியைத் தள்ளக்கோழி என்றே அழைக்கின்றனர். இங்கு ஒன்றை மறவாதிருத்தல் வேண்டும். தொல்காப்பியர் திசைச்சொல்லைப் பிழைச்சொல் என்று ஒதுக்கவில்லை. செய்யுள் செய்வதற்குரிய நான்கு வகைச் சொற்களுள் ஒன்றாக ஏற்றுக்கொண்டார்.

மேலைக்கரைப் பேச்சு பல நூற்றாண்டுகளில் தனிமொழியாக வளர்ந்தது. 9ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த வாழப்பள்ளிச் சாசனத்தில் மலையாளத்தின் தொடக்கக் கூறுகளை அறிஞர்கள் காண்கின்றனர். இவ்வளர்ச்சி எவ்வாறு நிகழ்ந்தது என்பதை ஏ. ஆர். இராஜராஜவர்மா 1896ஆம் ஆண்டில் முதற்பதிப்பாக வெளிவந்த 'கேரள பாணினீயம்' என்னும் நூலில் ஆறு விதிகளாக வகுத்துக் காட்டினார். அவற்றுள் சிலவற்றை எல்லோரும் எளிதில் உணரலாம். மெல்லெழுத்து தனக்கு அடுத்த வல்லெழுத்தைத் தன்னைப்போல் ஆக்கிவிடுகிறது. எனவே நம் மாங்காய் அங்கே 'மாங்ங' ஆகிறது. நம் பஞ்சு 'பஞ்ஞி' ஆகிறது. 'அடித்து' என்பது 'அடிச்சு' எனத் திரிகிறது; இது நம் பேச்சுத் தமிழிலும் உண்டு. 'மலை' என்பதன் ஈற்று ஐகாரம் குறுகி 'மல' என நிற்கிறது. எல்லாவற்றிலும் பெரிய மாறுதல் வினைச்சொல்லில் நேர்ந்தது. வந்தேன், வந்தாய், வந்தான், வந்தார்கள் என்று நாம் விகுதியால் இடமும் பாலும் காட்டுகிறோம். மலையாளமோ அந்த விகுதிகளைக் கைவிட்டு, யார் வந்தாலும் 'வந்நு' என்ற ஒரே வடிவத்தை வழங்குகிறது.

இந்த வினைவிகுதி எல்லைப்புறப் பேச்சை அளக்க ஒரு நல்ல கோல். பாலக்காட்டு அக்கிரகாரத்தில் 'அரிசி மேடிச்சேன்' என்று ஒருவர் சொல்வதாகக் கொள்வோம். மேடித்தல் என்பது வாங்குதல் என்னும் பொருளில் மலையாளத்தில் வழங்கும் சொல். ஆனால் அதன் இறுதியில் நிற்கும் 'ஏன்' என்பது தமிழின் தன்மை விகுதி. சொல் அண்டை வீட்டிலிருந்து வந்தது. இலக்கணம் சொந்த வீட்டினது. இவ்வாறு பேசுபவர் தமிழை மறந்துவிட்டார் என்று கூறுதல் எங்ஙனம் பொருந்தும்? கடன்சொல் ஒரு மொழிக்கு ஆடை போன்றது. வினைவிகுதியோ முதுகெலும்பு போன்றது.

பாலக்காட்டின் நில அமைப்பே இக்கலப்புக்குக் காரணம். மேற்குத் தொடர்ச்சி மலை ஓரிடத்தில் விலகி, ஏறத்தாழ 30 முதல் 40 கிலோமீட்டர் அகலமுள்ள வாயிலைத் திறந்து வைத்திருக்கிறது. காற்றும் வணிகரும் உழவரும் நெசவாளரும் அந்த வாயில் வழியே காலங்காலமாகச் சென்று வந்தனர். ஆகையால் அங்கே தமிழும் ஒருவகையாக இல்லை. சிற்றூர் வட்டத்தின் கிழக்குப் பகுதியில், கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம் முதலிய ஊர்ப்புறங்களில், கொங்குத் தமிழின் ஓசை கேட்கிறது. 'ஏனுங்க' என்று மரியாதை கலந்து அழைக்கும் வழக்கு அது. கல்பாத்தி முதலிய அக்கிரகாரங்களில், தஞ்சை, மதுரைப் பக்கங்களிலிருந்து பல தலைமுறைகளுக்கு முன் குடியேறியவர்களின் தமிழ் வழங்குகிறது. 'வந்தேனாக்கும்', 'அப்படியாக்கும்' என்று சொல்லை முடிக்கும் அவர்களின் பாங்கு தமிழ்நாட்டில் பலருக்கும் நகைச்சுவையாகத் தோன்றும். அது மலையாளத்தின் அருகில் வாழ்ந்த வாழ்வின் தடம்.

சொற்களின் பொருளை நோக்கினால் இன்னும் சுவையான செய்திகள் கிடைக்கும். நமக்கு வெள்ளம் என்றால் ஆற்றில் பெருகி வருவது. மலையாளிக்கு அது குடிக்கும் நீர். நமக்குப் பட்டி என்றால் சிற்றூர், ஆட்டுக்கிடை. மலையாளிக்கு அது நாய். நம் இலக்கண நூலில் விளி என்பது எட்டாம் வேற்றுமையின் பெயர். அதற்கு வெளியே பேச்சில் அதை நாம் வழங்குவதே இல்லை. மலையாளத்திலோ ஒருவரைக் கூப்பிடுவதற்கு அன்றாடம் வழங்கும் வினை அதுவே. நம் வீட்டுச் சர்க்கரை இன்று பெரும்பாலும் வெள்ளைச் சீனியைக் குறிக்கிறது. மலையாளத்தில் சர்க்கரை என்பது வெல்லம். 2019ஆம் ஆண்டில் புவிசார் குறியீடு பெற்ற மறையூர்ச் சர்க்கரை கரும்பு வெல்லமே. நாமும் சர்க்கரைப் பொங்கலுக்கு வெல்லத்தைத்தானே இடுகிறோம்! பழைய பொருள் நம்மிடம் ஒரு பண்டத்தின் பெயரில் ஒதுங்கியிருக்கிறது. மலைக்கு அப்பால் அது கடைத்தெருவில் நடமாடுகிறது.

இனி இடுக்கி மலைகளுக்கு வருவோம். மறையூர், காந்தளூர் முதலிய ஊர்களைக் கொண்ட அஞ்சுநாடு மழைமறைவுப் பகுதியில் உள்ளது. அங்கே ஓடும் பாம்பாறு மேற்கே செல்லாமல் கிழக்கே இறங்கி அமராவதியில் சேர்கிறது. நீர் சென்ற வழியே உறவும் சென்றது. அங்குள்ள பழங்குடி உழவர்கள் தமிழர். அவர்தம் முன்னோர் கிழக்கிலிருந்து மலையேறியவர்கள் என்பது அவர்கள் வழிவழிக் கூறும் செய்தி. பெருங்கற்காலக் கல்லறைகளை அங்கே முனியறை என்று அழைக்கின்றனர். முனிவரின் அறை என்று விரியும் இச்சொல் இரு மொழிக்கும் பொதுவானது.

மூணாற்றின் தமிழ் வேறொரு வரலாறு உடையது. 1877ஆம் ஆண்டில் பூஞ்சாற்று அரசரிடமிருந்து கண்ணன் தேவன் மலைகளை ஜான் டேனியல் மன்றோ என்னும் ஆங்கிலேயர் குத்தகைக்குப் பெற்றார். பின்னர்த் தேயிலைத் தோட்டங்கள் பரவின. திருநெல்வேலி, மதுரை, இராமநாதபுரம் பக்கங்களிலிருந்து கங்காணிகள் வழியாகத் தொழிலாளர் அழைத்துவரப்பட்டனர். பல மாவட்டத்துத் தமிழ் ஒரே தோட்டக் குடியிருப்பில் ஒன்றாகக் கலந்தது. கொழுந்து என்ற பழைய தமிழ்ச்சொல் தேயிலைத் துளிருக்குப் பெயராயிற்று. வரிசைவீட்டைக் குறித்த ஆங்கிலச் சொல் 'லயம்' எனத் தமிழுக்கும் மலையாளத்துக்கும் பொதுவாயிற்று.

இப்பேச்சு நாட்டின் காதில் விழுந்த நாள் ஒன்று உண்டு. 2015ஆம் ஆண்டு செப்டம்பரில் மூணாற்றுத் தேயிலைத் தோட்டப் பெண்கள் போனசுக்காகவும் கூலி உயர்வுக்காகவும் சாலையில் அமர்ந்து போராடினர். அவர்கள் தங்களுக்கு இட்டுக்கொண்ட பெயர் 'பெம்பிளை ஒருமை'. இப்பெயரைக் கூர்ந்து பாருங்கள். பெண்பிள்ளை என்பது பேச்சில் திரிந்து பெம்பிளை ஆயிற்று. ஒற்றுமை என்னும் பொருளில் 'ஒரும' என்று வழங்குவது மலையாளம்; அதன் ஈற்றில் ஐகாரத்தைக் காத்து 'ஒருமை' என்று ஒலிப்பது தமிழ். இரண்டு சொல்லில் இரண்டு மொழியும் கைகோத்து நிற்கின்றன. அப்பெயரை எந்தப் புலவரும் ஆக்கித் தரவில்லை; கொழுந்து பறித்த கைகளே ஆக்கின.

தமிழும் மலையாளமும் மட்டுமே அங்குள்ள மொழிகள் என்று எண்ணிவிடலாகாது. இடுக்கி மலைகளில் முதுவரும் மன்னாரும் வாழ்கின்றனர். மதுரையிலிருந்து தெய்வத்தை முதுகில் சுமந்து மலையேறியதால் முதுவர் எனப் பெயர் பெற்றோம் என்பது முதுவரின் மரபுக்கதை. அவர்களின் ஊர்களைக் கொண்ட இடமலைக்குடி 2010ஆம் ஆண்டில் தனி ஊராட்சியாயிற்று. அவர்கள் தமக்குள் பேசும் பேச்சு தமிழோடும் மலையாளத்தோடும் நெருங்கியதாயினும் இரண்டிலும் அடங்காத கூறுகள் உடையது. பாலக்காட்டு மாவட்டத்து அட்டப்பாடியில் இருளரும் முதுகரும் குறும்பரும் தத்தம் மொழிகளைப் பேசுகின்றனர். செக் நாட்டு அறிஞர் கமில் சுவலபில் இருள மொழியை ஆராய்ந்து 1973 முதல் நூல்கள் எழுதி, அது தனித்த திராவிட மொழி என்று நிறுவினார். எனினும் 2011ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கில் இருள மொழி தமிழின் கீழ்த் தொகுக்கப்பட்டது. அட்டப்பாடியைச் சேர்ந்த நஞ்சியம்மா இருள மொழியில் பாடிய திரைப்பாடலுக்காக 2022ஆம் ஆண்டில் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருதுக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டபோது, அப்படியொரு மொழி உண்டு என்பதையே பலர் முதன்முறையாக அறிந்தனர்.

எல்லைப்புறத்துக்கு இத்தகைய இயல்பு இருப்பது நம் நாட்டில் மட்டுமன்று. பிலிப்பைன்ஸ் தீவுகளில் தகலாகு என்னும் மொழி உண்டு. 1937ஆம் ஆண்டில் அந்நாட்டுத் தேசியமொழிக்கு அடிப்படையாக அது தேர்ந்தெடுக்கப்பட்டது. தலைநகர் மணிலாவில் இனிப்பை 'தமிஸ்' என்று இழைத்துச் சொல்வர். தெற்கே பட்டாங்காஸ் பகுதியிலோ 'தம்' என்று சொல்லிக் குரலை ஒரு கணம் நிறுத்தி, 'இஸ்' என்று முடிப்பர். தலைநகரத்தார் அதனை நாட்டுப்புறக் கொச்சை என்று எண்ணக்கூடும். உண்மையில் அந்த நிறுத்தமே பழைய ஒலி; அண்டையிலுள்ள விசாய மொழிகளிலும் அது இன்றளவும் வாழ்கிறது. தலைநகரம் இழந்ததை ஓரத்து ஊர் காத்து வைத்திருக்கிறது. இனிப்பைக் குறிக்கும் அச்சொல்லுக்கும் நம் மொழியின் பெயருக்கும் உறவு ஏதுமில்லை. ஒலி ஒப்புமை மட்டுமே. ஆனால் அது கற்பிக்கும் பாடம் நமக்கும் உரியது.

அந்தப் பாடம் ஏன் இன்றியமையாதது என்பதைச் சொல்லி முடிக்கிறேன். பாலக்காடு சென்னை மாநிலத்தின் மலபார் மாவட்டத்திலும், சிற்றூர் கொச்சியிலும், தேவிகுளமும் பீர்மேடும் திருவிதாங்கூரிலும் இருந்தவை. தேவிகுளமும் பீர்மேடும் தமிழ்நாட்டோடு சேர வேண்டும் என்ற கோரிக்கை வலுவாக எழுந்தது. 1956 நவம்பர் 1ஆம் நாள் மாநிலங்கள் மொழிவழி அமைந்தபோது அவை கேரளத்திலேயே நிலைத்தன. எங்கே கோடு கிழித்தாலும் சிலர் அதற்கு அப்பால் நின்றே தீர்வர். இதனை உணர்ந்தே, அதே 1956ஆம் ஆண்டில் அரசியலமைப்பின் 7ஆவது திருத்தம் 350அ என்னும் பிரிவைச் சேர்த்தது. மொழிச் சிறுபான்மைக் குழந்தைகளுக்குத் தொடக்கக் கல்வியைத் தாய்மொழியில் அளிக்கப் போதிய வசதி செய்யுமாறு அப்பிரிவு மாநிலங்களைப் பணிக்கிறது. 2011ஆம் ஆண்டுக் கணக்கின்படி கேரளத்தில் தமிழைத் தாய்மொழியாகக் கொண்டோர் ஏறத்தாழ 5 இலட்சம் பேர்.

சட்டம் பள்ளியைத் தரலாம். மதிப்பைத் தருவது மக்களின் கடமை. எல்லைப்புறத்துக் குழந்தை மலையாளம் பேசினால் 'பாண்டிச் சாயல்' என்று ஒருபுறம் சிரிக்கிறார்கள். தமிழ் பேசினால் 'மலையாளத் தமிழ்' என்று மறுபுறம் சிரிக்கிறார்கள். இருபுறமும் சிரிப்புக்கு ஆளான குழந்தை நாளடைவில் பாட்டியின் சொல்லைச் சொல்ல நாணுகிறது. அவ்வாறு நாணும் தலைமுறையோடு அச்சொல்லும் மறைகிறது. முதுவர், இருளர் குழந்தைகளின் நிலை இன்னும் கடினமானது. பள்ளியில் கேட்கும் மொழி எதுவாயினும் அது அவர்கள் வீட்டுமொழி அன்று.

ஆகவே எல்லைப்புறப் பள்ளிகளில் தமிழ் கற்பிக்கும் ஆசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள். குழந்தை வீட்டுச்சொல் ஒன்றைச் சொன்னால், அதனைச் சிவப்பு மையால் அடிப்பதற்கு முன் ஒரு குறிப்பேட்டில் எழுதி வையுங்கள். எந்த ஊரில், எந்தப் பொருளில் வழங்குகிறது என்பதையும் குறியுங்கள். பிறகு நூல்வழக்கைக் கற்பியுங்கள்; அதுவும் குழந்தைக்குத் தேவையே. ஒன்றைக் கற்க மற்றொன்றை இகழ வேண்டியதில்லை. பத்துப் பள்ளிகள் பத்து ஆண்டுகள் இதனைச் செய்தால், மலையின் இருபுறத்துக்கும் பயன்படும் ஓர் அகராதி உருவாகும். தொல்காப்பியர் திசைச்சொல்லுக்கு இலக்கணத்தில் இடம் கொடுத்தார். நம் வகுப்பறையில் அதற்கு ஓர் இருக்கை கொடுப்பது நமக்கு அரிதன்று.