படச்சுருள் தேடிய தமிழர்



ஏடு தேடியவர்களைத் தமிழுலகம் நன்கறியும். உ.வே.சாமிநாதையர் ஊர் ஊராய் அலைந்த வரலாற்றைக் கேளாத தமிழ் மாணவர் இல்லை. படச்சுருள் தேடி உலகையே வலம்வந்த ஏ.கே.செட்டியாரை அந்த அளவுக்கு நாம் நினைப்பதில்லை.

1937 அக்டோபர் 2ஆம் நாள், நியூயார்க்கிலிருந்து டப்ளின் நோக்கிச் சென்ற கப்பலில், காந்தியடிகளைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்கும் எண்ணம் அவருக்கு எழுந்தது. அப்போது அவருக்கு இருபத்தாறு வயதுகூட நிரம்பவில்லை. எண்ணுவது எளிது. ஆனால் 1930இல் நடந்து முடிந்த தண்டிப் பயணத்தை மீண்டும் நடத்திப் படம்பிடிக்க முடியுமா? அன்றே பிடித்தவர் எவர், அச்சுருள் இன்று எவர் கையில் என்று தேடுவதொன்றே வழி. அந்தப் படங்களுக்கோ ஆங்கில அரசு தடை விதித்திருந்தது. தடைசெய்த படத்தை வைத்திருப்பவர், முன்பின் அறியாத இளைஞரிடம் 'என்னிடம் உள்ளது' என்று எளிதில் சொல்லிவிடுவாரா?

ஏட்டுக்கும் சுருளுக்கும் வேறுபாடு உண்டு. ஏட்டைப் பிரித்தால் எழுத்துத் தெரியும். சுருளை ஓட்டிப் பார்த்தாலன்றி உள்ளே இருப்பவர் காந்தியடிகளா, வெறும் கூட்டமா என்பது விளங்காது. அக்காலச் சுருள்கள் நைட்ரேட்டால் ஆனவை; தீப்பற்றினால் நீரூற்றியும் அணையாதவை; பற்றாவிட்டாலும் வெப்பத்தில் பிசுபிசுத்துப் பொடியாகிவிடுபவை. செல்லரித்த ஏடே மேல் எனலாம்!

கிடைத்த துண்டு எந்த ஆண்டினது என்பது அடுத்த சிக்கல். பெட்டியின்மேல் எழுதியிருப்பது பிழையாக இருக்கலாம். படமே சான்று கூறவேண்டும். காந்தியடிகள் மதுரையில் அரையாடை பூண்டது 1921 செப்டம்பர் 22இல். சட்டையும் தொப்பியும் அணிந்து அவர் தோன்றினால் அத்துண்டு அந்நாளுக்கு முந்தியது. சொல்லாட்சி கொண்டு நூலின் காலத்தைத் துணியும் பணியேதான் இதுவும்.

ஏறத்தாழ முப்பது ஆண்டுகளில் நூறு ஒளிப்பதிவாளர்கள் எடுத்த சுமார் 50,000 அடிச் சுருளைச் செட்டியார் திரட்டினார். 1940இல் தமிழில் வெளிவந்த படத்தின் நீளமோ ஏறக்குறைய 12,000 அடிதான். கடல் கடந்து தேடி வந்ததில் முக்காற்பங்கை ஒதுக்கிய கையின் வேதனையை, எழுதிய வரியை அடிக்கத் தயங்கும் கவிஞர்கள் உணர்வார்கள்.

பின்னர் அப்படமே காணாமற்போனது! படம் உருவான வரலாற்றைச் செட்டியார் எழுதிவைத்திருந்தார். 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்னும் நூலாக அது நம் கையில் இருக்கிறது. படத்தை மட்டும் பல்லாண்டுகள் எவரும் காணவில்லை. தேடியவரின் படத்தை இன்னொருவர் தேட நேர்ந்தது. 1953இல் அமெரிக்காவில் வெளியான ஆங்கில வடிவத்தின் சுருக்கப் படியொன்றை, ஆய்வாளர் ஆ.இரா.வேங்கடாசலபதி சான்பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் கண்டறிந்தார். அப்போது, 1983இல் மறைந்த செட்டியார் இல்லாமல் இருபது ஆண்டுகளுக்கு மேல் கடந்திருந்தன.