ரிக்ஸாட்ரிக்ஸ்: சச்சரவுக்காரி என்னும் குற்றப்பெயர்

ஆங்கிலச் சட்ட வழக்கில் நெடுங்காலம் புழங்கி இன்று முற்றிலும் வழக்கொழிந்துவிட்ட சொற்களுள் ‘ரிக்ஸாட்ரிக்ஸ்’ என்பதும் ஒன்று. ‘ரிக்ஸா’ என்னும் இலத்தீன் பெயர்ச்சொல் சண்டை, சச்சரவு, கூச்சல் ஆகியவற்றைக் குறிக்கும்; ஒன்றைச் செய்பவள் என்ற பொருளைத் தரும் ‘ட்ரிக்ஸ்’ என்ற பெண்பால் விகுதி அதனோடு சேரும்போது ‘சச்சரவுக்காரி’ என்னும் பொருள் பிறக்கிறது. ஆங்கில அகராதிகள் இதனைப் பழைய சட்டச் சொல் என்று குறித்து, ஒரே வரியில் பொருள் கூறி அடுத்த சொல்லுக்குச் சென்றுவிடுகின்றன. அந்த ஒரு வரியில் அடங்காத வரலாறு இச்சொல்லுக்கு உண்டு. தெருவில் ஒருத்தியை மற்றொருத்தி ஏசுவதற்குப் பயன்பட்ட சொல்லன்று இது. குற்றச்சாட்டு ஆவணத்தில் ஏறியதும், பெண் ஒருத்தியை நாற்காலியில் கட்டி நீரில் அமிழ்த்தும்படி நீதிமன்றம் தீர்ப்பளிக்க இடம் கொடுத்ததுமான சொல். ஒருவரின் செயலைச் சுட்டாமல் இயல்பைச் சுட்டும் சொல் குற்றத்தின் பெயராக மாறும்போது என்னென்ன விளையும் என்பதை அறிய விரும்புவோர்க்கு இதனினும் தெளிவான சான்று கிடைப்பது அரிது.

நீதிமன்ற ஏடுகளில் இச்சொல் தனித்து நிற்பதில்லை. ‘கம்யூனிஸ் ரிக்ஸாட்ரிக்ஸ்’ என்ற தொடராகவே வரும். ஆங்கிலத்தில் அதற்கு நேரான தொடர் ‘காமன் ஸ்கோல்டு’ என்பதாகும். இங்கே ‘கம்யூனிஸ்’, ‘காமன்’ என்னும் அடைகள் சாதாரணமானவள் என்ற பொருளைத் தருவன அல்ல. ஊரார் அனைவருக்கும் பொதுவாகத் தொல்லை தருபவள், அதனையே வழக்கமாகக் கொண்டவள் என்ற பொருளைத் தருவன. ஒருமுறை அண்டை வீட்டாரோடு வாய்ச்சண்டை இட்டவள் இக்குற்றத்துக்கு ஆளாகமாட்டாள். சண்டை அவளுக்கு வாடிக்கை என்றும், அதனால் அக்கம்பக்கத்தின் அமைதி குலைகிறது என்றும் கூறப்பட வேண்டும். ஆகவே சாக்கடையை அடைத்து வைத்தல், வழியை மறித்தல் முதலியவற்றோடு ஒருங்கே வைத்து, பொதுத்தொல்லை என்ற தலைப்பின்கீழ்ச் சட்டநூலார் இதனை எண்ணினர். ‘இங்கிலாந்துச் சட்ட விளக்கங்கள்’ என்ற பெருநூலை எழுதிய வில்லியம் பிளாக்ஸ்டன், 1769ஆம் ஆண்டில் வெளிவந்த அதன் நான்காம் தொகுதியில் இவ்வாறே வகைப்படுத்தியதோடு, சட்ட இலத்தீன் இச்சொல்லைப் பெண்பாலுக்கு மட்டுமே உரியதாக்கியிருக்கிறது என்பதையும் குறித்துச் செல்கிறார். ஒரு விகுதியின் பால், யார்மீது வழக்குத் தொடுக்கலாம், யார்மீது தொடுக்கலாகாது என்பதையே தீர்மானித்துவிட்டது என்பது அவருக்கு விளக்கம் தேவைப்படாத செய்தியாகத் தோன்றியிருக்க வேண்டும்.

‘ஸ்கோல்டு’ என்ற ஆங்கிலச் சொல்லின் பிறப்பும் கருதத்தக்கது. பழைய நார்ஸ் மொழியில் கவிஞரைக் குறிக்கும் ‘ஸ்கால்டு’ என்ற சொல்லிலிருந்தே இது வந்திருக்கக்கூடும் என்பது அகராதியாளர் பலரின் கருத்து. வடபுலக் கவிஞர்கள் மன்னரைப் புகழ்ந்து பாடியதோடு, பகைவர்மீது வசைகவி பாடுவதிலும் வல்லவர்களாய் இருந்தனர். அத்தகைய வசைக்கு அஞ்சியே பழைய ஐஸ்லாந்துச் சட்டம் பிறரை இழித்துக் கவி புனைவதைத் தண்டனைக்குரியதாக்கியது. சொல்வன்மை உடையவன் என்று பொருள்பட்ட சொல், கடல் கடந்து ஆங்கிலத்தில் குடியேறியபின் வாய்த்துடுக்கு உடையவரைக் குறித்து, நாளடைவில் பெண்ணொருத்தியின் அடங்காத நாவையே குறிப்பதாகச் சுருங்கிற்று. 1755இல் சாமுவேல் ஜான்சன் தம் அகராதியைத் தொகுத்தபோது இப்பெயர்ச்சொல்லுக்குப் பெண்ணையே பொருளாக வைத்தார். கவிஞனின் சாயல் அதில் எஞ்சியிருக்கவில்லை.

இக்குற்றத்தைப் பற்றிய சட்டத்தின் நோக்கில் வியப்புக்குரிய முரண் ஒன்று உண்டு. சொல்லைப் பொறுத்தவரை சட்டம் எழுத்தெண்ணிப் பார்த்தது; செயலைப் பொறுத்தவரை எதையும் கேட்கவில்லை. முதற்கூறு 1703, 1704ஆம் ஆண்டுகளில் நடந்த ஃபாக்ஸ்பி வழக்கில் வெளிப்படுகிறது. ஃபாக்ஸ்பி என்னும் பெண் குற்றவாளி எனத் தீர்க்கப்பட்டபின் வழக்கு அரசியின் உயர்மன்றத்துக்கு வந்தது. தலைமை நீதிபதி ஜான் ஹோல்ட், அமிழ்த்துவதாயின் நீதிமன்ற ஆண்டில் குளிர் மிகுந்த மிக்கேல்மஸ் பருவத்தைவிடக் கோடையை ஒட்டிய டிரினிட்டி பருவமே நல்லது என்று கூறினார் என வழக்குத் தொகுப்பு சொல்கிறது. முடிவில் அப்பெண் தப்பியது அந்த இரக்கத்தால் அன்று; குற்றச்சாட்டில் ‘ரிக்ஸாட்ரிக்ஸ்’ என்று இருக்க வேண்டிய இடத்தில் வேறொரு இலத்தீன் சொல் எழுதப்பட்டிருந்தது. சட்டம் அறிந்த பெயர் அதுவன்று என்ற காரணத்தால் தண்டனை நில்லாமற் போயிற்று. நீதிமன்ற நடவடிக்கைகள் ஆங்கிலத்திலேயே அமைய வேண்டும் என்ற சட்டம் 1733இல் நடைமுறைக்கு வரும்வரை குற்றச்சாட்டுகள் இலத்தீனில் எழுதப்பட்டன என்பதையும், குற்றம் சாட்டப்பட்டவளுக்கு அந்த மொழி தெரிந்திருக்க வாய்ப்பே இல்லை என்பதையும் சேர்த்து எண்ணிப் பார்த்தால், அவளுடைய வாழ்வு அவளால் படிக்க முடியாத ஒரு சொல்லில் தொங்கிக்கொண்டிருந்தது புலப்படும்.

இரண்டாம் கூறு இன்னும் கடுமையானது. திருட்டு வழக்கில் எந்தப் பொருள், எந்த நாள், எவர் வீடு என்பன கூறப்பட வேண்டும். சச்சரவுக்காரி வழக்கிலோ அவள் யாரை ஏசினாள், என்ன சொல்லி ஏசினாள் என்பவற்றைக் குற்றச்சாட்டில் விவரிக்க வேண்டியதில்லை; அவள் அத்தகையவள் என்று பொதுப்படக் கூறுவதே போதுமானது எனச் சட்டநூலார் கொண்டனர். இதனால் நேர்ந்த இழப்பு வரலாற்றாசிரியர்களுக்கும் உரியது. ஊர்மன்றங்களின் ஏடுகளில் இப்பெண்களின் பெயரும் அபராதத் தொகையும் வரிவரியாக நிற்கின்றன. எந்தப் பேச்சுக்காக அவர்கள் தண்டிக்கப்பட்டார்களோ அந்தப் பேச்சு பெரும்பாலும் பதிவாகவில்லை. நிலத்தகராறில் தன் பங்கை உரக்கக் கேட்டவளும், கணவனின் அடியைத் தெருவறியச் சொன்னவளும், உண்மையிலேயே ஊரைப் படுத்தியவளும் அந்த ஒற்றைச் சொல்லின்கீழ் ஒன்றாகிவிடுவதால், இன்று அவர்களைப் பிரித்தறிய இயலவில்லை.

ஆணுக்கு இணையான குற்றம் இல்லையோ என்று கேட்கத் தோன்றும். பழைய ஏடுகளில் ‘ரிக்ஸாடோர்’ என்னும் ஆண்பால் வடிவம் அங்கங்கே உண்டு. எண்ணிக்கையில் அது மிகவும் குறைவு. ஆணுக்குரியதாகச் சட்டநூல்களில் நிலைபெற்ற பெயர் ‘பாரட்டர்’ என்பது. வம்புவழக்குகளைத் தூண்டிவிட்டு, ஊராரை ஒருவர்மேல் ஒருவர் ஏவி, நீதிமன்றப் படியேற வைப்பவனே பாரட்டர். அவன் குற்றமும் வாடிக்கையைப் பொறுத்ததே. ஒருமுறை வழக்குத் தூண்டியவன் பாரட்டர் ஆகான். ஆனால் அவன்மீது சாட்டப்படும் தனித்தனி நிகழ்ச்சிகளின் பட்டியலை விசாரணைக்கு முன்பே அவனுக்குத் தர வேண்டும் என்ற பாதுகாப்பை நீதிமன்றங்கள் ஏற்படுத்தின. வழக்காடுவதில் வம்பு செய்தவனுக்கு மறுமொழி சொல்ல வழி கிடைத்தது. வாயால் வம்பு செய்தாள் எனப்பட்டவளுக்கு அது கிடைக்கவில்லை.

சச்சரவைக் குறித்த வேறொரு சொல்லின் கதை இதற்கு நேர்மாறாக அமைந்தது. ‘ராங்லர்’ என்ற சொல்லுக்கு 16ஆம் நூற்றாண்டு ஆங்கிலத்தில் உரத்த குரலில் ஓயாமல் வாதிட்டுச் சண்டையிடுபவன் என்பதே பொருள். கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் பட்டத்துக்கு முன் வாய்மொழி வாதம் நடத்திக் காட்ட வேண்டியிருந்தமையால், 18ஆம் நூற்றாண்டில் கணிதத் தேர்வின் முதல் வகுப்பினருக்கு அச்சொல்லே விருதுப் பெயராயிற்று. 1899இல் முதலிடம் பெற்ற பராஞ்சபே இந்தியா முழுவதும் ‘ராங்லர் பராஞ்சபே’ என்றே அறியப்பட்டதைத் தமிழ் வாசகர் பலரும் அறிவர். அதற்கு ஒன்பது ஆண்டுகளுக்கு முன், 1890இல், பிலிப்பா ஃபாசெட் என்ற மாணவி அதே தேர்வில் ஆண்களின் முதல்வரைவிட மிகுதியான மதிப்பெண் பெற்றார். அவரைப் பட்டியலில் சேர்க்க விதி இடந்தராததால், முதல் ராங்லருக்கு மேலே என்று மட்டும் அறிவித்தார்கள். கேம்பிரிட்ஜ் பெண்களுக்கு முழுமையான பட்டம் வழங்கத் தொடங்கியது 1948இல்தான். வாதாடும் இயல்பு ஓரிடத்தில் விருதாகவும் ஓரிடத்தில் குற்றமாகவும் பெயர் பெற்றதற்கு, அவ்வியல்பில் இருந்த வேறுபாடு காரணமன்று.

சச்சரவுக்காரி என்ற குற்றம் எப்போது பெருகிற்று என்பதில் ஆய்வாளர்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. டேவிட் அண்டர்டவுன் 1985இல் வெளியிட்ட கட்டுரையில், 1560ஐ ஒட்டிய பத்தாண்டுகளில் தொடங்கிச் சமூக ஒழுங்கு குலைகிறது என்று எழுந்த அச்சமே இதற்குக் காரணம் என்றார். மார்ட்டின் இங்கிரம் அந்த அச்சம் மிகைப்படுத்தப்பட்டது என மறுத்தார். சாண்டி பார்ட்ஸ்லி 2006இல் வெளிவந்த தம் நூலில், 14ஆம் நூற்றாண்டின் நடுவில் கொள்ளைநோய் ஐரோப்பாவைச் சூறையாடியபின், எளியோரின் பேச்சை அடக்க முனைந்த சூழலில்தான் இக்குற்றம் உருப்பெற்றது என்று காட்டினார். ஊர்மன்ற ஏடுகளின் சான்று பார்ட்ஸ்லியின் பக்கமே வலுவாக இருப்பதாகத் தோன்றுகிறது.

தண்டனைக் கருவியாகிய நாற்காலி இக்குற்றத்துக்கும் மூத்தது. 1086ஆம் ஆண்டு நில அளவை ஏடான டூம்ஸ்டே நூலில், செஸ்டர் நகரில் கெட்ட பீர் காய்ச்சியவர் சாண நாற்காலியில் அமர்த்தப்படுவார் அல்லது நான்கு ஷில்லிங் கட்டுவார் என்ற குறிப்பு உள்ளது. பிற்காலத்தில்தான் அந்நாற்காலி நீருக்குள் இறங்கிற்று. ஹியர்ஃபர்டுஷயரைச் சேர்ந்த லெம்ஸ்டர் நகரின் பழைய மடாலயக் கோயிலில் அத்தகைய கருவி ஒன்று இன்றும் பாதுகாக்கப்படுகிறது: சக்கரங்கள் பொருத்திய மரச்சட்டம், அதன்மேல் ஏற்றத்தைப்போல் ஏறி இறங்கும் நீண்ட உத்தரம், உத்தரத்தின் ஒரு நுனியில் இருக்கை. 1809இல் ஜென்னி பைப்ஸ் என்று அறியப்பட்ட ஜேன் கோரன் இதில் அமர்த்தப்பட்டு ஊர்வலமாக இழுத்துச் செல்லப்பட்டு ஆற்றில் அமிழ்த்தப்பட்டாள். 1817இல் சாரா லீக் என்பவளும் தெருத்தெருவாக இழுத்துச் செல்லப்பட்டாள். ஆற்றில் நீர் மட்டம் தாழ்ந்திருந்தமையால் அமிழ்த்த முடியவில்லை. தலையைச் சுற்றி இரும்புச் சட்டம் பூட்டி, நாவின்மேல் இரும்புத் தகட்டை அழுத்தி வைக்கும் கடிவாளமும் சில நகரங்களில் இருந்தது. அது பொதுச்சட்டம் விதித்த தண்டனையன்று. நகர அதிகாரிகள் தாமே கைக்கொண்ட கொடுமை. 1655இல் ரால்ஃப் கார்டினர் நியூகாசில் நகர ஆட்சியின் அநீதிகளைத் தொகுத்து எழுதிய நூலில், கடிவாளம் பூட்டப்பட்டுத் தெருவில் இழுத்துச் செல்லப்பட்ட ஆன் பிடில்ஸ்டன் என்ற பெண்ணைப் பற்றிய சாட்சியம் இடம்பெற்றிருக்கிறது. அக்காலத்திலேயே அதனை அநீதி என்று சொல்ல ஒருவர் இருந்தார்.

குடியேறியவர்களோடு இக்குற்றம் அமெரிக்காவுக்கும் சென்றது. பிலடெல்பியாவில் நான்சி ஜேம்ஸ் என்பவளை நீரில் அமிழ்த்துமாறு கீழ்மன்றம் விதித்த தண்டனையை, 1825இல் பென்சில்வேனியா உச்ச நீதிமன்றம் நீக்கியது. நான்கு ஆண்டுகள் கழித்துத் தலைநகர் வாஷிங்டனில், அறுபது வயதான ஆன் ராயல் குற்றவாளிக் கூண்டில் நின்றார். அவர் விடுதலைப் போரில் பங்கேற்ற அதிகாரி ஒருவரின் கைம்பெண். கணவரின் சொத்து கைநழுவிய பிறகு, நாடெங்கும் பயணம் செய்து தாம் கண்டவற்றை நூல்களாக எழுதி, அவற்றைத் தாமே விற்றுப் பிழைத்தவர். அரசியலில் மதக் குழுக்களின் தலையீட்டை அவர் வெளிப்படையாகச் சாடி வந்தார். அவர் வீட்டருகே தீயணைப்பு நிலையத்தில் கூடிய சபையினரோடு மூண்ட சச்சரவே வழக்குக்கு வழிவகுத்தது. போர்த்துறைச் செயலர் ஜான் ஈட்டன் அவருக்காகச் சாட்சி சொன்னார். கடற்படைத் தளத்தில் அமிழ்த்தும் நாற்காலி செய்து ஆயத்தமாக வைத்திருந்தார்கள். நீதிபதி வில்லியம் கிராஞ்ச் தலைமையிலான மன்றம், அத்தண்டனை காலாவதியாகிவிட்டது என்றும், குற்றம் மட்டும் சட்டத்தில் நிலைத்திருக்கிறது என்றும் முடிவு கூறிப் பத்து டாலர் அபராதம் விதித்தது. அதனைச் செலுத்தியவர்கள் பத்திரிகையாளர் இருவர். ராயல் வாயை மூடவில்லை. 1831இல் ‘பால் பிரை’ என்ற இதழையும், 1836 முதல் 1854 வரை ‘தி ஹன்ட்ரஸ்’ என்ற இதழையும் நடத்தி, ஆட்சியாளர்களின் ஊழல்களை இறுதிவரை எழுதினார். அவருடைய சச்சரவு எத்தகையது என்பதை அவ்விதழ்கள் காட்டுகின்றன. ஊர்மன்ற ஏடுகளில் புதைந்த பெண்களுக்கு அத்தகைய சான்று வாய்க்கவில்லை.

இங்கிலாந்திலும் வேல்ஸிலும் இக்குற்றம் பேச்சுமூச்சின்றிக் கிடந்து, 1967ஆம் ஆண்டுக் குற்றவியல் சட்டத்தின் 13ஆம் பிரிவினால் நீக்கப்பட்டது; பாரட்டர், ஒட்டுக்கேட்பவர், இரவில் திரிபவர் ஆகியோரைப் பற்றிய குற்றங்களும் அதே பிரிவில் அதனோடு போயின. அமெரிக்காவின் நியூஜெர்சி மாநிலத்தில் அது மேலும் ஐந்து ஆண்டுகள் உயிரோடிருந்தது. 1972இல் மரியன் பாலென்ட்ரானோ என்பவர்மீது இக்குற்றம் சாட்டப்பட்டபோது, நீதிமன்றம் அதனை ஏற்க மறுத்தது. பெண் மட்டுமே குற்றவாளியாகக் கூடிய குற்றம் சட்டத்தின் முன் சமத்துவம் என்னும் அரசமைப்பு உறுதிமொழிக்கு மாறானது என்றும், எந்தச் செயலைச் செய்தால் குற்றம் என்பதை ஒருவர் முன்னறிந்து நடந்துகொள்ள இயலாத அளவுக்கு அதன் பொருள் தெளிவற்றது என்றும் காரணங்கள் கூறப்பட்டன.