சிற்றூர் வாழ்வும் செய்திக் கருவிகளும்

(புதியம்புத்தூரில் நடைபெற்ற நம் சங்க ஆண்டுக் கூட்டத்திலே நிகழ்த்திய சொற்பொழிவு)



கணினி, கைப்பேசி முதலிய கருவிகளைக்கொண்டு சிற்றூர்களின் நிலைத்த வளர்ச்சிக்கு ஆவன செய்தல் என்பது இன்று எமக்கு அளிக்கப்பெற்ற பொருளாகும். பிள்ளைகளுக்கு இலக்கணங் கற்பிக்கும் எம்மை இப்பொருள்பற்றிப் பேசப் பணித்தது ஏனோ என்று முதலில் வியந்தோம். நம் செயலாளரவர்கள் காரணங் கூறினார்கள். இம்மண்டபத்தின் கீழைப்பக்கத்து அறையிலே இரண்டு கணினிகளை வைத்து நம்மவர்க்கு உதவி செய்யவேண்டும் என்னும் தீர்மானம் இன்று மாலை வரவிருக்கின்றது. அதனைப்பற்றி ஆராய்ந்து நாலு சொற் கூறுக என்பதே அவர்கள் விருப்பம். ஆதலின், வானத்தை அளக்கப் புகாது அவ்வறையைப்பற்றியே பேசுவாம்.

நிலைத்த வளர்ச்சி என்பது புதுப்பெயர். நார்வே நாட்டுப் புருந்துலாந்து அம்மையார் தலைமையில் அமைந்த ஐக்கிய நாடுகள் ஆணையம் 1987-ஆம் ஆண்டு வெளியிட்ட அறிக்கையால் இக்கருத்து உலகெங்கும் பரவிற்று. 2015-இல் உலக நாடுகள் பதினேழு குறிக்கோள்களை வகுத்து, 2030-க்குள் அவற்றை எய்துவதென உறுதிபூண்டன. பெயர் புதிதேனும் பொருள் நம் பாட்டன்மார் அறிந்ததே. விதைக்கு வைத்த உளுந்தை உலையில் இடாமை அது. கண்மாயை மேடுதட்ட விடாமை அது. இன்றைய தேவைக்காக நாளையவன் பங்கினைத் தின்னாமையே அதன் பொருள் என்க.

நம் கரிசல் நிலத்திலே இது பெரிதும் செய்தியைப் பொறுத்த காரியமாகும். ஆற்றுப் பாசனக்காரன் ஒருநாள் தவறினும் மறுநாள் நீர் பாய்ச்சிக்கொள்வான். நமக்கோ ஐப்பசி கார்த்திகை மழையே கதி. மழைக்கு முன்னரே விதைப்பதா, முதல் மழை பெய்து மண் பதமான பின்னர் விதைப்பதா என்னும் ஒரு முடிவிலே ஆண்டு முழுவதும் அடங்கிக் கிடக்கின்றது. கோவிற்பட்டி வேளாண்மை ஆராய்ச்சி நிலையம் 1901-இல் தோன்றியது. மானாவாரிப் பயிர்களைப்பற்றியும், பருவத்துக்கு முன் விதைக்கும் முறையைப்பற்றியும், விதையைக் கடினப்படுத்தும் முறையைப்பற்றியும் அங்கே அறிந்துவைத்துள்ளவை பல. அறிவு ஒரு பேருந்துப் பயணத் தொலைவிலே நூறாண்டுக்கு மேலாக இருக்கின்றது. அஃது உழவன் வீட்டுத் திண்ணைக்கு வந்ததா என்பதே கேள்வி.

2018-ஆம் ஆண்டை நினைவுகூர்மின். அமெரிக்கப் படைப்புழு நம் நாட்டிலே முதன்முதல் காணப்பட்ட ஆண்டு அது. அவ்வாண்டே தமிழ்நாட்டு மக்காச்சோளத்தையும் பற்றிக்கொண்டது. குருத்துக்குள்ளே புகுந்து தின்னும் அப்புழுவைக் கண்ட நம்மவர் எங்கே ஓடினர்? மருந்துக்கடைக்கு. கடைக்காரர் கையில் எந்தப் புட்டி இருந்ததோ அதுவே மருந்தாயிற்று. ஒன்று பயன்படாவிடின் இரண்டைக் கலந்து அடித்தனர். கடைசி உழவிலே எக்டருக்கு 250 கிலோ வேப்பம்பிண்ணாக்கு இடுக, வரப்போரம் தட்டைப்பயறும் எள்ளும் சூரியகாந்தியும் விதைக்க, இனக்கவர்ச்சிப் பொறி வைக்க என்னும் வேளாண் பல்கலைக்கழகத்தின் அறிவுரையோ, பணமும் மண்ணும் கெட்ட பின்னரே பலர் செவிக்கு எட்டியது. கடைக்காரரைக் குறைகூறுதல் எம் கருத்தன்று. அவர் விற்கவே கடை வைத்திருக்கிறார். கேட்பதற்கு வேறு இடம் இல்லாமையே குறை.

மற்றொன்றும் கூறுவாம். இஃது எம் குடும்பத்தே நிகழ்ந்தது. எம் சிற்றன்னையார்க்கு மூன்று ஏக்கர் கரிசல் உண்டு. 2023-ஆம் ஆண்டு உளுந்து விதைத்து, பிரதம மந்திரி பயிர்க் காப்பீட்டுத் திட்டத்திலே பதிவுசெய்ய வேண்டிச் சிட்டாவும் அடங்கலும் ஆதாரும் வங்கிப் புத்தகமும் எடுத்துக்கொண்டு நகரத்து நிலையம் ஒன்றுக்குச் சென்றார்கள். கூட்டம் மிகுதி. பதிவு செய்தவர் நிலத்தின் உட்பிரிவு எண்ணை மாற்றி அடித்துவிட்டார். கொடுத்த சீட்டை அன்னையார் பத்திரமாக மஞ்சள் பையில் வைத்துக்கொண்டார்களேயன்றி, அதனைப் படித்துக் காட்டுவார் யாருமில்லை. அவ்வாண்டு டிசம்பர் 17, 18 ஆகிய நாட்களிலே நம் மாவட்டத்தை மூழ்கடித்த பெருமழையை நீங்கள் மறந்திருக்கமாட்டீர்கள். காயற்பட்டினத்திலே ஒரே நாளில் ஏறத்தாழ 95 சென்டிமீட்டர் பெய்தது. உளுந்து நீரிலே அழுகியது. இழப்பீடு வந்தபோது அன்னையார் பெயர் அதில் இல்லை. சீட்டை எம்மிடம் காட்டியபோதுதான் பிழை தெரிந்தது. பள்ளி ஆசிரியனைப் பெற்ற குடும்பத்திலேயே இப்படியாயிற்று. யாம் அச்சீட்டை ஐப்பசியிலேயே வாங்கிப் பார்த்திருக்கவேண்டும். பாராதது எம் குற்றம். கணினி அங்கே இருந்தது. பிழையைக் காணும் கண்தான் இல்லை.

இக்குறையை நீக்க முன்னரே முயன்றோர் நம் தமிழ் மக்களிடையேயே உளர். சென்னையிலுள்ள எம். எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனத்தார் 1998-ஆம் ஆண்டு, கனடா நாட்டு ஆராய்ச்சி நிறுவனம் ஒன்றன் பொருளுதவியோடு, புதுச்சேரியைச் சூழ்ந்த சிற்றூர்களிலே அறிவு நிலையங்களைத் தொடங்கினர். வில்லியனூரிலே நடுநிலையம், ஏம்பலம், வீராம்பட்டினம், நல்லவாடு முதலிய ஊர்களிலே கிளைகள். தொலைபேசிக் கம்பி நம்பத்தக்கதாயில்லை. ஆதலின் கம்பியில்லா வானொலிக் கருவியால் செய்தியை அனுப்பினர். மின்சாரம் நின்றுநின்று வந்தது. ஆதலின் கதிரவன் ஒளியால் மின்சாரம் ஆக்கினர். ஏற்ற கருவி வரட்டும் என்று காத்திராமல், உள்ளதைக்கொண்டு தொடங்கினர் என்பதைக் கவனிக்க.

அவர்கள் முதலிற் செய்தது கணினி வாங்குதலன்று. வீடுவீடாகச் சென்று, உங்களுக்கு என்ன செய்தி வேண்டும், இப்பொழுது அதனை யாரிடம் கேட்கிறீர்கள் என்று வினவினர். நெல் விலை, விதை, மாட்டு நோய், மருத்துவர் இருக்கும் நேரம், அரசு உதவிகள் எனப் பலவும் கேட்டனர் மக்கள். அவற்றுட் பெரும்பகுதியை ஊராரே திரட்டினர். வெளியிலிருந்து வந்தவற்றை நடுநிலையத்தார் எளிய தமிழாக்கிக் கொடுத்தனர். வீராம்பட்டினத்து மீனவர்க்கோ விலையைவிடக் கடலின் நிலையே முதன்மையாயிருந்தது. அமெரிக்கக் கடற்படையார் இணையத்தில் வெளியிட்ட அலை உயரக் கணிப்பை நாடோறும் எடுத்து, தமிழாக்கி, ஒலிபெருக்கியிலே தெருவுக்குக் கேட்கும்படி கூறினர். போர்க்கப்பலுக்கென்று கணித்த செய்தி கட்டுமரத்துக்கு உதவிற்று. நிலையங்களை நடத்திய தொண்டர்களிற் பெரும்பாலோர் அவ்வூர்ப் பெண்களே.

இனி நாம் செவிகொடுத்துக் கேட்கவேண்டிய பகுதி வருகின்றது. நிலையம் வேண்டும் என்று கேட்ட ஊர்க்கு அந்நிறுவனத்தார் நிபந்தனை விதித்தனர். வாடகையின்றி இடம் தருக, தொண்டர்களைத் தருக, அவ்விடத்துக்குள் ஒடுக்கப்பட்ட மக்கள் உட்பட ஊரிலுள்ள யாவரும் தடையின்றி வரலாம் என உறுதி தருக என்றனர். ஏம்பலத்திலே கோயிலைச் சார்ந்த கட்டிடமே நிலையமாயிற்று, அங்கும் இந்நிபந்தனையே.

இந்நிபந்தனை இரக்கத்தால் மட்டும் பிறந்ததென்று எண்ணற்க. ஊர்ச்செய்தி என்பது ஊரார் அனைவரிடமும் சிதறிக் கிடப்பது. எந்தக் காட்டிலே புழு முதலில் கண்டது என்பதைக் களையெடுக்கும் கூலியாளே முதலில் அறிவாள். அவள் நுழையாத அறைக்குள் அச்செய்தியும் நுழையாது. பக்கத்துப் புஞ்சைக்காரன் நம் மரபினன் அல்லன் என்பதற்காகப் படைப்புழு வரப்போடு நின்றுவிடுமோ?

2004-ஆம் ஆண்டு டிசம்பர் 26, ஞாயிற்றுக்கிழமை. ஆழிப்பேரலை எழுந்த அன்று, சிங்கப்பூரிலே வேலைபார்த்த நல்லவாட்டு இளைஞர் ஒருவர் அச்செய்தியை அறிந்து வீட்டுக்குத் தொலைபேசியிற் கூறினார். வீட்டார் அதனைத் தமக்கென வைத்துக்கொண்டு ஓடியிருக்கலாம், அவ்வாறு செய்திலர். ஊரார் அறிவு நிலையத்துக்கு விரைந்தனர். அது பூட்டிக் கிடந்தது. கதவை உடைத்து உட்புகுந்து ஒலிபெருக்கியிலே அபாயத்தைக் கூவினர். மூவாயிரத்து அறுநூற்றுக்கு மேற்பட்ட மக்கள் வாழ்ந்த அவ்வூர் உயிர்தப்பியது. அன்று ஊரைக் காத்தவற்றுள் கணினி இல்லை. ஒரு தொலைபேசி அழைப்பும், ஓர் ஒலிபெருக்கியும், அது யாவர்க்கும் உரியது என்று ஊரார் பழகியிருந்த பழக்கமுமே காத்தன.

எல்லா முயற்சியும் இவ்வாறு நின்று நிலவவில்லை என்பதையும் மறைக்காது கூறவேண்டும். 2001-ஆம் ஆண்டளவில் மதுரை மாவட்டத்து மேலூர் வட்டாரத்திலே, சென்னை ஐ.ஐ.டி.யார் உருவாக்கிய கம்பியில்லாத் தொடர்பு முறையைக்கொண்டு இணையக் கடைகள் பல திறக்கப்பெற்றன. நல்ல காரியங்கள் நிகழ்ந்தன. நோயுற்ற வெண்டைச்செடியைப் படமெடுத்து வேளாண் கல்லூரிக்கு அனுப்பி விடைபெற்றனர். கண்ணைப் படமெடுத்து அரவிந்த் கண் மருத்துவமனைக்கு அனுப்பினர். ஆயினும் சில ஆண்டுகளுக்குள்ளே அக்கடைகளிற் பெரும்பாலானவை மூடப்பட்டன. வரும் கட்டணம் செலவுக்குப் போதவில்லை. உதவிய அலுவலர் மாறிப்போயினர். நடத்துவோர்க்குத் தொடர்ந்த துணையும் பயிற்சியும் இல்லை. நம் அறைக்கும் இதே கதி நேரலாம். கணினி வாங்கும் நாளிலே மாலையிட்டுப் படம் எடுப்பார் பலர். மூன்றாம் ஆண்டிலே மின்கட்டணம் கட்டுவார் யார் என்று இன்றே எழுதிவைக்கவேண்டும்.

“இப்போது வீட்டுக்கு வீடு கைப்பேசி இருக்கின்றதே, நிலையம் எதற்கு?” என்று இளைஞர் வினவுவர். நல்ல வினாவே. உழவன் செயலி 2018 முதல் நடைமுறையில் உள்ளது. பட்டாவையும் சிட்டாவையும் இணையத்திலே பார்க்கலாம். ஆனால் அக்கைப்பேசி யார் கையில் இருக்கின்றது? மகன் கையில், மகனோ திருப்பூரிலோ சென்னையிலோ இருக்கிறான். வீட்டில் இருப்பவர் தாயும் பாட்டியும். இவ்வூர்த் தாய்மார் பலர் ஆயத்த ஆடைத் தொழிலிலே பொழுதெல்லாம் தையற்பொறியின்முன் அமர்ந்திருப்பவர்கள். பகல் பத்து மணிக்கு நிலையத்துக்கு வா என்றால் அன்றைக் கூலியை இழந்து வருவார்களோ? அன்றியும், கைப்பேசியில் வருவதெல்லாம் செய்தியாகாது. வாட்ஸப்பில் வரும் மழைக் கதைகளிலே சென்ற ஆண்டுக் கதை எது, கேரளத்துக் கதை எது என்று பிரித்தறிய ஒருவர் வேண்டும். 2023 வெள்ளத்திலே தொடர்புகள் அறுந்து கைப்பேசிகள் ஊமையாயின என்பதையும் கண்டோம். அப்போது ஒரு மின்கலமும் ஓர் ஒலிபெருக்கியும் ஊருக்குள் இருந்திருந்தால் எவ்வளவோ உதவியிருக்கும்.

ஆதலின் தீர்மானத்தைப்பற்றி எம் கருத்தைக் கூறுகின்றோம். அறை வேண்டும். ஆனால் தீர்மானத்திலே ‘நம் சங்கத்தார்க்கு’ என்றிருக்கும் சொல்லை ‘ஊரார் யாவர்க்கும்’ என்று திருத்தவேண்டும். “நம் மகிமைப் பணத்தாலே எழுந்த மண்டபத்துள் மற்றவரை ஏன் விடுவது?” என்று சில பெரியோர் எம்மிடம் கேட்டனர். அவர்கள் மனம் நோகக் கூறோம். மகிமை என்பது வியாபாரத்திலே சிறுகச் சிறுக ஒதுக்கியது. அதன் அருமை யாம் அறிவோம். எனினும் நம் முன்னோரே இதற்கு விடை கூறிச் சென்றுள்ளனர். விருதுநகரிலே 1889-ஆம் ஆண்டு உறவின்முறையார் தோற்றுவித்த க்ஷத்திரிய வித்தியாசாலை பிடியரிசியாலும் மகிமையாலும் வளர்ந்தது. அங்கே நம் பிள்ளைகள் மட்டுமோ படித்தார்கள்? காமராசர் பயின்ற அப்பள்ளியிலே பிற மரபுப் பிள்ளைகளும் உடனமர்ந்து பயின்றனர். கோயிலுக்குள்ளும் தெருவுக்குள்ளும் விடப்படாது நம் பாட்டன்மார் வெளியே நின்ற காலம் நெடுந்தொலைவில் இல்லை. வெளியே நிற்றல் எத்தகையது என்று அறிந்த நாமே இவ்வறைக்குப் பூட்டு வைத்தல் தகுமோ?

மற்றவை சிறிய காரியங்கள். மாலை ஆறு மணி முதல் ஒன்பது மணி வரை திறந்திருப்பது தையல் வேலைசெய்யும் தாய்மார்க்கு உதவும். காப்பீட்டுப் பருவத்திலே, பதிவு செய்த சீட்டை நிலத்துக்குரியவர்முன் உரக்கப் படித்து, சர்வே எண்ணைப் பட்டாவோடு ஒத்துப்பார்க்கும் வேலையை எம் பள்ளியின் மேல்வகுப்பு மாணவ மாணவியர் ஏற்றுக்கொள்வர், யாமும் உடனிருப்போம். வானிலைச் செய்தியையும் விலையையும் நாடோறும் வாயிற் கரும்பலகையிலே எழுதவேண்டும். எழுதியவர் பெயரும், செய்தி எங்கிருந்து வந்தது என்பதும் உடன் இருத்தல் வேண்டும். இரண்டு கணினி வேண்டா, ஒன்று போதும். மிச்சப் பணத்துக்கு ஒலிபெருக்கியும் மின்கலமும் வாங்குக.

திறவுகோலைப்பற்றி ஒரு சொல். நல்லவாட்டிலே கதவை உடைக்க நேர்ந்தது. இங்கே திறவுகோல் இரண்டு இருக்கட்டும். ஒன்று நம் செயலாளரவர்களிடம் இருக்கலாம். மற்றொன்றை, நம் மரபினரல்லாத ஒருவரிடம், கூடுமாயின் மண்டபத்துக்கு அடுத்த தெருவிலுள்ள ஒரு பெண்மணியிடம், கொடுத்துவைக்க வேண்டுமெனத் தீர்மானத்தின் இறுதியிலே ஒரு வரி சேர்க்குமாறு தலைவரவர்களை வேண்டிக்கொள்கின்றோம். திருத்தத்தை எழுதிக் கொண்டுவந்துள்ளோம்; இதோ மேசைமேல் வைக்கின்றோம்.