திருப்புவதற்கு முன் ஒரு கோடு

(முன்னாள் மாணவர் சங்க ஆண்டுச் சந்திப்பில் பேசியதன் எழுத்து வடிவம்)



"டெக்னிக்கலா ஏதாவது பேசுப்பா, ஆனா சாப்பாட்டுக்கு முன்னாடி எல்லாரையும் தூங்க வெச்சுடாதே" என்பது செயலாளர் அண்ணன் எனக்குப் போட்ட கட்டளை. தலைப்பு என்ன என்று கேட்டார். "டைமிங்" என்றேன். "ஆம்பூர்க்காரன் டைமிங்னு சொன்னா அது பிரியாணிக்குத் தம் போடுற டைமிங்காத்தான் இருக்கும்" என்று சிரித்தார். "இல்லண்ணே, அம்பாசிடர் காரோட இக்னிஷன் டைமிங்" என்றதும் அவர் முகம் கொஞ்சம் வாடிப் போச்சு. இருந்தாலும் பெரிய மனசு பண்ணி இருபது நிமிஷம் கொடுத்திருக்கிறார்.

வெளியே வேப்பமரத்தடியில் ஒரு வெள்ளை அம்பாசிடர் நிற்பதை வரும்போது பார்த்திருப்பீர்கள். 1983-ல் வாங்கிய மார்க் 4, பெட்ரோல் வண்டி. என் நைனா அதை ஆம்பூரில் வாடகைக்கு ஓட்டினார். தோல் ஷாப்புக்காரர்களை மெட்ராஸுக்கும், கல்யாண வீட்டாரை வாணியம்பாடிக்கும், எல்லாவற்றையும்விட அதிகமாக நோயாளிகளை வேலூர் சி.எம்.சி. ஆஸ்பத்திரிக்கும் ஏற்றிப்போன வண்டி. நான் இந்தக் கல்லூரியில் கட்டிய பீஸ், அந்த வண்டியின் சக்கரம் சுற்றிச் சம்பாதித்தது. அந்த வண்டியை ஒரு நாள் நான் கெடுத்தேன். அதைத்தான் இன்று சொல்லப் போகிறேன்.

2009-ம் வருஷம், மூன்றாம் ஆண்டுப் பரீட்சை முடிந்த கோடை. ஏலகிரி போகலாம் என்று நாங்கள் ஐந்து பேர் திட்டம் போட்டோம். நைனாவிடம் கெஞ்சி ஒரு நாள் வண்டி கேட்டேன். "வண்டி இப்பல்லாம் இழுக்க மாட்டேங்குது, பார்த்துப் போ" என்றார். இன்ஜினியரிங் படிக்கிற பையனிடம் இப்படிச் சொல்லலாமா? முதல் நாள் சாயங்காலம் பானெட்டைத் தூக்கினேன். தீப்பொறியை முன்கூட்டிக் கொடுத்தால் இழுவை கூடும் என்று வகுப்பில் படித்திருந்தேன். டிஸ்டிரிபியூட்டரின் கிளாம்ப் போல்ட்டைத் தளர்த்தி, இன்ஜினை ஓடவிட்டு, சத்தம் எங்கே ஜம்மென்று ஏறுகிறதோ அங்கே திருப்பி நிறுத்தி முறுக்கிவிட்டேன். ஐந்து நிமிஷ வேலை. தெருவில் ஒரு சுற்று ஓட்டிப் பார்த்தேன். வண்டி பறந்தது. நானும் பறந்தேன்.

மறுநாள் வாணியம்பாடி தாண்டி பொன்னேரி வரைக்கும் ஒரு குறையும் இல்லை. மலை ஏற ஆரம்பித்ததும் இன்ஜினிலிருந்து கிண் கிண் என்று, டப்பாவில் ஆணி போட்டுக் குலுக்குகிற மாதிரி ஒரு சத்தம். "என்னாடா சத்தம்?" என்றான் பின்சீட்டு நண்பன். "வால்வு சத்தம்டா, பழைய வண்டி அப்படித்தான்" என்றேன் நான், பெரிய நிபுணன் மாதிரி. ஏலகிரிக்கு 14 கொண்டை ஊசி வளைவு. பாதிக்கு மேல் போனதும் வண்டி இருமியது, சைலன்சரில் வெள்ளைப் புகை, நின்றுவிட்டது. ஹெட் கேஸ்கட் போயிருந்தது. கழற்றியபோது ஒரு பிஸ்டனின் தலை ஓரம் எலி கடித்த மாதிரி அரித்திருந்தது.

அது ஏன் என்று சொல்ல, தம்பி தங்கைகளுக்காகக் கொஞ்சம் பாடம் நடத்த வேண்டும். டிஸ்டிரிபியூட்டரைப் பார்த்தே இராத தலைமுறை நீங்கள்.

பேட்டரியில் இருப்பது 12 வோல்ட். பிளக்கில் பொறி பறக்க ஆயிரக்கணக்கான வோல்ட் வேண்டும். காயிலில் ஓடும் கரண்ட்டைச் சட்டென்று நிறுத்தினால் அந்த உயர் அழுத்தம் பிறக்கும். நிறுத்துகிற வேலையைச் செய்வது சி.பி. பாயின்ட். பிறந்த அழுத்தத்தை நாலு பிளக்குக்கும் முறைப்படி பங்கு போடுவது ரோட்டார். இரண்டும் குடியிருக்கும் வீடுதான் டிஸ்டிரிபியூட்டர். அமெரிக்காவின் சார்லஸ் கெட்டரிங் 1910 வாக்கில் கொடுத்த இந்த ஏற்பாடு, முக்கால் நூற்றாண்டுக்கு மேல் உலகம் முழுக்க ஓடியது. அம்பாசிடரின் 1489 சி.சி. இன்ஜினில் பொறி விழும் வரிசை 1, 3, 4, 2. நிமிஷத்துக்கு 3000 சுற்று ஓடும்போது நாலு பிளக்கிலும் சேர்த்து ஒரு செகண்டுக்கு 100 பொறி.

பொறி விழுந்த உடனே பெட்ரோல் முழுக்க எரிந்துவிடாது. எரிய ஓரிரு மில்லி செகண்ட் பிடிக்கும். 3000 சுற்று வேகத்தில் ஒரு மில்லி செகண்டுக்குள் கிராங்க் 18 டிகிரி திரும்பிவிடும். ஆகவே பிஸ்டன் உச்சிக்கு வருவதற்கு முன்பே பொறி விழுந்தாக வேண்டும். இதுதான் அட்வான்ஸ். மெதுவாக ஓடும்போது கொஞ்சம் போதும், வேகம் கூடக் கூட அதிகம் வேண்டும். அதற்காக டிஸ்டிரிபியூட்டருக்குள் இரண்டு எடைத் துண்டுகளும் இரண்டு ஸ்பிரிங்குகளும் உண்டு. வேகம் கூடினால் எடைகள் விரிந்து கேமை முன்னே தள்ளும். ஆக்சிலரேட்டரை லேசாக மிதித்து ஓட்டும்போது இன்னும் கொஞ்சம் முன்தள்ள, பக்கத்தில் ஒரு வேக்யூம் டப்பாவும் இருக்கும்.

பொறி தாமதமானால் வண்டி இழுக்காது, சூடாகும், பெட்ரோலைக் குடிக்கும். ரொம்ப முந்தினால்? மேலே வரும் பிஸ்டனை எரிவாயு எதிரே நின்று அடிக்கும். மிச்சமிருக்கும் கலவை தானாகவே வெடிக்கும். அந்தக் கிண் கிண்தான் நாக்கிங். கைப்பிடி போட்டுச் சுற்றி ஸ்டார்ட் பண்ணுகிற வண்டியில் இன்னொரு ஆபத்து: இன்ஜின் திருப்பி உதைத்தால் மணிக்கட்டு ஒடியும். கட்டை விரலை மற்ற விரல்களோடு ஒரே பக்கம் வைத்துப் பிடிக்கப் பழைய டிரைவர்கள் சொல்லிக் கொடுத்தது அதனால்தான்.

சரி, என் வண்டிக்கு வருவோம். எங்கள் மெக்கானிக் பாய் டிஸ்டிரிபியூட்டரைக் கழற்றி ஒரு பழைய துணியில் வைத்து எனக்குக் காட்டினார். "தம்பி, இதைப் பாருங்க." பாயின்ட்டில் கேம் மீது உரசும் குதிகால் தேய்ந்து, இடைவெளி பாதியாகக் குறைந்திருந்தது. இடைவெளி குறைந்தால் பாயின்ட் தாமதமாகத் திறக்கும், பொறியும் தாமதம். வண்டி இழுக்காமல் போனதற்குக் காரணம் அதுதான். "இப்ப இதைப் பாருங்க." உள்ளே இரண்டு ஸ்பிரிங்கில் மெல்லியது அறுந்து கிடந்தது. அதனால் வேகம் கொஞ்சம் கூடினாலே எடைகள் அளவுக்கு மீறி விரிந்து, அட்வான்ஸ் சீக்கிரமே ஏறியது. ஆக, நின்ற இடத்தில் தாமதம், ஓடும்போது அவசரம். நான் நின்ற இடத்துச் சத்தத்தை மட்டும் கேட்டு எல்லாவற்றையும் இன்னும் முன்னே திருப்பி வைத்தேன். மலையில், ஐந்து பேர் பாரத்தில், அது வெடித்தது.

"கோளாறு இங்க ரெண்டு இருந்துச்சு தம்பி. நீங்க ரெண்டையும் தொடலை. திருப்புறதுக்குச் சுலபமா இருக்குறதைத் திருப்பிட்டீங்க" என்றார் பாய். அவர் பள்ளிக்கூடம் தாண்டாதவர். பதினைந்து வருஷத்துக்கு மேல் ஆகிறது, அந்த வாக்கியம் இன்னும் காதில் இருக்கிறது.

வண்டி மூன்று வாரம் பட்டறையில் கிடந்தது. வாராவாரம் டயாலிசிஸுக்கு வேலூர் போகும் பெரியவர் ஒருவர் எங்கள் வண்டியைத்தான் நம்பியிருந்தார். நைனா வேறொருவரிடம் வண்டி பேசி, வாடகையில் ஒரு பங்கைத் தன் கையிலிருந்து போட்டு அவரை அனுப்பி வைத்தார். என்னைத் திட்டவே இல்லை. ஒரே ஒரு கேள்விதான் கேட்டார்: "திருப்புறதுக்கு முன்னாடி அது எங்க இருந்துச்சுன்னு ஒரு கோடு போட்டியா?"

போடவில்லை. போட்டிருந்தால், சத்தம் கேட்ட முதல் வளைவிலேயே வண்டியை ஓரம் கட்டி, பழைய இடத்துக்கே திருப்பி வைத்து, மெதுவாக வீடு வந்திருக்கலாம்.

வீட்டில் பழைய வண்டி வைத்திருப்பவர்களுக்காக, முறையை வரிசையாகச் சொல்கிறேன். இந்த வரிசைதான் முக்கியம்.

முதலில் கோடு. டிஸ்டிரிபியூட்டர் உடலிலும் இன்ஜின் பக்கத்திலும் சேர்ந்தாற்போல் ஒரு பெயின்ட் கோடு. பிளக் ஒயர்களுக்கும் நம்பர் ஒட்டுங்கள்.

இரண்டாவது, தேய்ந்ததைச் சரி பண்ணுங்கள். கேப்பில் விரிசல் இருக்கிறதா, ரோட்டாரை லேசாகத் திருப்பி விட்டால் ஸ்பிரிங் இழுத்து அது தானாகத் திரும்பி வருகிறதா, தண்டில் ஆட்டம் இருக்கிறதா என்று பாருங்கள். வேக்யூம் குழாயை வாயால் இழுத்தால் பாயின்ட் தட்டு அசைய வேண்டும். அசையாவிட்டால் உள்ளே ரப்பர் கிழிந்திருக்கும்.

மூன்றாவது, பாயின்ட் இடைவெளி. குதிகால் கேமின் உச்சியில் நிற்கும்போது 0.35 முதல் 0.40 மில்லிமீட்டர். பிளக்குக்கு 0.6 மில்லிமீட்டர், கிட்டத்தட்ட ஹாக்ஸா பிளேடு கனம். பாயின்ட்டை டைமிங்குக்கு முன்னால்தான் வைக்க வேண்டும். பிறகு வைத்தால் வைத்த டைமிங் கலைந்துவிடும்.

நாலாவது, முதல் சிலிண்டரைக் கம்ப்ரஷனுக்குக் கொண்டுவாருங்கள். அதன் பிளக் ஓட்டையில் கட்டை விரலை வைத்துக்கொள்ளுங்கள். டாப் கியரில் போட்டு ஒருவர் வண்டியை மெல்ல முன்னே தள்ளட்டும். காற்று விரலைத் தள்ளும்போது கிராங்க் புல்லியின் வெட்டைப் பார்த்து, உங்கள் வண்டியின் கையேடு சொல்லும் டிகிரியில் நிறுத்துங்கள். தாண்டிவிட்டால் லேசாகப் பின்னுக்கு இழுத்து நிறுத்தாதீர்கள். பல்சக்கரங்களின் தளர்வு கணக்கைக் கெடுக்கும். நன்றாகப் பின்னே போய் மறுபடி முன்னே வாருங்கள்.

ஐந்தாவது, 12 வோல்ட் பல்பு ஒன்று. ஒரு ஒயர் டிஸ்டிரிபியூட்டருக்கு காயிலிலிருந்து வரும் மெல்லிய ஒயர் சேருமிடத்தில், மற்றது பாடியில். சாவியைப் போடுங்கள். பாயின்ட் மூடியிருந்தால் பல்பு எரியாது, திறந்தால் எரியும். அம்பாசிடரில் ரோட்டார் கடிகார முள்ளுக்கு எதிர்த்திசையில் சுற்றும். உடலை முதலில் அதே திசையில் திருப்பிப் பல்பை அணையுங்கள். பிறகு கடிகார முள் திசையில் மெல்ல மெல்லத் திருப்புங்கள். பல்பு எரிகிற அந்த நொடியில் நிறுத்தி முறுக்குங்கள்.

கடைசியில்தான் காது. இன்ஜின் சூடான பிறகு, ஆளில்லாத சாலையில் டாப் கியரில் 40, 50 கிலோமீட்டர் வேகத்தில் போய் ஆக்சிலரேட்டரை முழுக்க மிதியுங்கள். நாக்கிங் நீடித்தால் துளி பின்னுக்கு வையுங்கள். இந்தக் கடைசிச் சோதனை ஏன் என்றால், கையேடு எழுதிய காலத்துப் பெட்ரோல் இன்று இல்லை. நாக்கிங்கைத் தடுக்க அன்று ஈயம் கலந்தார்கள். 2000 பிப்ரவரி 1 முதல் நாடு முழுவதும் ஈயமில்லாத பெட்ரோல்தான். இப்போது எத்தனால் கலந்து வருகிறது. எத்தனால் நாக்கிங்கைக் குறைக்கும், ஆனால் பழைய ரப்பர் குழாய்களுக்கு ஆகாது. அதையும் கவனியுங்கள்.

"அண்ணே, இப்ப வர்ற வண்டியில டிஸ்டிரிபியூட்டரே கிடையாதே, எங்களுக்கு எதுக்கு?" என்று தம்பிகள் நினைப்பது புரிகிறது. உண்மைதான். கிராங்க்கில் ஒரு சென்சார், நாக்கிங்கைக் கேட்க ஒரு சென்சார், கணக்குப் போட ஒரு கம்ப்யூட்டர். அம்பாசிடர் தயாரிப்பே 2014-ல் உத்தர்பாராவில் நின்றுவிட்டது. ஆனால் "திருப்பச் சுலபமானதைத் திருப்புவது" நின்றுவிடவில்லை.

நான் இன்று ஒரு ஷூ கம்பெனியில் மெயின்டனன்ஸ் பார்க்கிறேன். சோல் சரியாக ஒட்டவில்லை என்றால் எல்லோருடைய கையும் முதலில் போவது பிரஸ்ஸின் பிரஷர் குமிழுக்கு. ஏனென்றால் அதுதான் கைக்கு எட்டும் இடத்தில் இருக்கிறது. பசை பழசா, தோலைச் சரியாகச் சுரண்டினார்களா, ஹீட்டரில் ஒரு காயில் போய்விட்டதா என்று பார்க்க அரை மணி நேரம் ஆகும். குமிழைத் திருப்ப அரை நிமிஷம். என் செக்ஷனில் ஒவ்வொரு மெஷின் பக்கத்திலும் ஒரு நோட்டு தொங்கும். எதைத் திருப்பினாலும் முன்னால் என்ன இருந்தது என்று எழுதிவிட்டுத்தான் திருப்ப வேண்டும். புதிதாக வரும் பையன்கள் சலித்துக்கொள்வார்கள். ஏலகிரிக் கதையைச் சொல்வேன், எழுதிவிடுவார்கள்.

நைனாவுக்கு இப்போது கண் சரியாகத் தெரிவதில்லை. வண்டி வாடகைக்கு ஓடுவதில்லை. ஞாயிற்றுக்கிழமை நான் பானெட்டைத் திறந்தால் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்துகொள்வார். கிளாம்ப் போல்ட்டில் ஸ்பானர் வைக்கும் சத்தம் கேட்டதும், "கோடு போட்டாச்சா?" என்பார். "போட்டாச்சு நைனா" என்பேன். அதற்குப் பிறகுதான் திருப்புவேன்.

சாப்பாட்டுக்குப் பிறகு விருப்பமுள்ள தம்பி தங்கைகள் வேப்பமரத்தடிக்கு வாருங்கள். பல்பும் ஒயரும் டிக்கியில் இருக்கின்றன. ஆளுக்கொரு தடவை டைமிங் வைத்துப் பார்க்கலாம். பெயின்ட் டப்பாவும் கொண்டுவந்திருக்கிறேன்.